வசனம்: சக்தி டி.கே. கிருஷ்ணசாமி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சரித்திரப் படங்கள் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை ரசித்துப் படித்தேன். 'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959) படத்துக்குத் தாராளமாக இடம் ஒதுக்கியிருந்தீர்கள். சிவாஜியின் நடிப்பு, பி.ஆர். பந்துலுவின் இயக்கம், ஜி. ராமநாதனின் இசை, 1960-ல் கெய்ரோ பட விழாவில் கிடைத்த விருது என எல்லாம் இருந்தன. வரி கேட்கும் வெள்ளைக்கார கலெக்டர் ஜாக்சன் துரையிடம் கட்டபொம்மன் பொரிந்து தள்ளும் வசனத்துக்கும் பாராட்டு இருந்தது. அதை எழுதியவரின் பெயர் மட்டும் கட்டுரையில் எங்குமே இல்லை. எனக்கு மனசு ஆறவில்லை.

அவர் சக்தி டி.கே. கிருஷ்ணசாமி. பெயரில் ஒட்டிக்கொண்ட 'சக்தி', அவர் நடத்திய சக்தி நாடக சபாவினுடையது. அந்த சபாவின் நாடகத்தில் நூர்ஜஹானாகப் பெண் வேடமிட்ட கணேசனைப் பார்த்துத்தான் தயாரிப்பாளர் பி.ஏ. பெருமாள் அவரைப் 'பராசக்தி'க்கு அழைத்தார். கட்டபொம்மனும் முதலில் நாடகம்தான். சிவாஜி நாடக மன்றத்துக்காகக் கிருஷ்ணசாமி எழுதிக் கொடுக்க, 1957-ல் சேலத்தில் அரங்கேறியது.

அந்த வரி வசனத்தைக் கொஞ்சம் உற்றுக் கேளுங்கள். வரி கேட்டவனிடம் பாளையக்காரர் வயல் கணக்குப் பேசுகிறார். வயலுக்கு வந்தாயா என்று ஆரம்பித்து ஏற்றம், நாற்று, களை என்று ஒரு போகத்து வேலையே வரிசை கட்டி வருகிறது. ஒவ்வொன்றும் சின்னக் கேள்வி. நடிப்பவர் மூச்சு வாங்கிக்கொள்ளலாம், அடுத்த கேள்விக்குக் குரலை ஒரு படி ஏற்றலாம். கடைசி வரிசைக்கும் காதில் விழும்படி எழுதிப் பழகிய நாடகக்காரரால்தான் இப்படி எழுத முடியும். சுத்தமான இலக்கண நடைதான். ஆனாலும் திருவிழா ஒலிபெருக்கியில் கேட்டே, பள்ளிக்கூடம் போகாதவர்களும் அதை மனப்பாடமாகச் சொன்னார்கள். இன்றும் ஆண்டு விழா மேடைகளில் அட்டைக் கிரீடமும் ஒட்டு மீசையுமாகப் பிள்ளைகள் முழங்குகிறார்கள். எழுதியது யார் என்று கேட்டால் கலைஞர் என்று அடித்துச் சொல்பவர்களை நானே பார்த்திருக்கிறேன்.

அவர் ஒரு படத்தோடு நின்றுவிடவும் இல்லை. 1964-ல் சிவாஜிக்குக் 'கர்ணன்', அதே ஆண்டு எம்.ஜி.ஆருக்குப் 'படகோட்டி', அடுத்த ஆண்டே 'எங்க வீட்டுப் பிள்ளை'. ரசிகர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து நின்ற காலத்தில் இரு தரப்பும் கைதட்டிய வசனங்கள் ஒரே பேனாவிலிருந்து வந்திருக்கின்றன. இதற்காகவாவது அவரைப் பற்றி நீங்கள் ஒரு தனிக் கட்டுரை வெளியிட வேண்டும்.

சக்தி நாடக சபா காலத்திலிருந்தே அதைத் தொடங்கினால் நல்லது. பழைய நாடக நோட்டீஸ், பாட்டுப் புத்தகம், கதை வசனப் புத்தகம் வைத்திருக்கும் வாசகர்கள் நிச்சயம் இருப்பார்கள். அடுத்த இதழில் ஓர் அறிவிப்புப் போட்டு, அவற்றின் நகல்களை அனுப்பச் சொல்லிக் கேளுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்