2024 ஆம் ஆண்டுக்கான செயலாளர் அறிக்கை

மதிப்புக்குரிய தலைவர் அவர்களே, போசகர்களே, நிர்வாக சபை உறுப்பினர்களே, அங்கத்தவர்களே, அனைவருக்கும் வணக்கம்.

எமது இயற்கை ஆர்வலர் சங்கத்தின் 2024 ஆம் ஆண்டு அறிக்கையைச் சமர்ப்பிக்கிறேன். போன வருட அறிக்கை நீண்டுவிட்டது என்று சிலர் குறைப்பட்டார்கள். இந்த முறையும் ஓர் இடத்தில் நீளும். அதற்கான காரணம் வாசிக்கும்போது விளங்கும்.

நிர்வாக சபை ஆறு தடவை கூடியது. இன்னும் இரண்டு தடவை கூட அழைத்தும் ஆள் போதாமல் ஒத்திவைத்தோம். ஜனவரியில் வாவிக்கரையில் பறவை பார்த்தல் நடந்தது. யூன் 5 சுற்றாடல் தினத்தன்று கண்டல் கன்றுகள் நட்டோம். செப்டெம்பரில் பாடசாலை மாணவருக்கான வினாவிடைப் போட்டி நடந்தது, பரிசுகள் கொடுத்தோம். நவம்பர் கடைசி வெள்ளத்தில் அங்கத்தவர் பலர் தத்தம் ஊரில் உலருணவு சேகரித்துக் கொடுத்தார்கள். அது சங்கத்தின் பெயரில் நடந்ததல்ல என்றாலும் இங்கே பதிவாக வேண்டும்.

இனி, பாசிக் கணக்கெடுப்பு. நம்முடைய பக்கத்தில் என்ன பாசி எங்கே வளர்கிறது என்று தேடிப் பதிகிற வேலை அது.

இதற்கு ஏன் இவ்வளவு நேரமும் பணமும் என்று மூன்று பேர் என்னிடம் நேரிலும், சிலர் வாட்ஸ்அப் குழுவிலும் கேட்டார்கள். கேட்டது நியாயம். பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

முதலில் சொல்லையே தெளிவாக்கிக்கொள்வோம். குளத்து நீரில் மிதக்கும் பச்சையையும் பாசி என்கிறோம், தென்னையில் ஒட்டியிருக்கும் சாம்பல் நிறப் படையையும் பாசி என்கிறோம். முன்னது அல்கா, பின்னது பெரும்பாலும் இலைக்கன் (லைக்கன்). நான் சொல்லும் பாசி தண்டும் இலையும் உள்ள சின்னஞ்சிறு தாவரம். உயர்தரத்தில் உயிரியல் படித்தவர்களுக்குப் பொகோநேற்றம் என்ற பாசி ஞாபகம் இருக்கும். அதை நான் இருபத்தெட்டு வருடம் கரும்பலகையில் வரைந்து படிப்பித்தேன். அது மலைநாட்டு மண்திட்டுகளில் வளர்வது. மட்டக்களப்பில் ஒரு பிள்ளைக்கும் அதை உயிரோடு காட்ட முடியவில்லை. நம்முடைய ஊரில் என்ன பாசி இருக்கிறது என்று அந்த இருபத்தெட்டு வருடத்தில் நான் குனிந்து பார்க்கவும் இல்லை. இளைப்பாறிய பிறகுதான் பார்த்தேன்.

பாசிக்கு வேர் கிடையாது. வேர்ப்போலி என்ற மெல்லிய இழைகள் உண்டு, அவை பிடித்துக்கொள்ளத்தான் பெரிதும் உதவும். இலை பெரும்பாலும் ஒரே ஒரு கலத் தடிப்பு. உடம்பு முழுவதாலும் நீரைக் குடிக்கும், உடம்பு முழுவதாலும் நீரை இழக்கும். கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில் நம்முடைய பாறைகளில் கறுத்துச் சுருண்டு கிடப்பதைப் பார்த்தால் செத்துப்போய்விட்டது என்றுதான் நினைப்போம். ஆனால் பல பாசிகள் காய்ந்த நிலையில் தம் அலுவலை நிறுத்திவைத்துக் காத்திருக்கும். நீர் பட்டதும் விரியும், மறுபடி உணவு தயாரிக்கத் தொடங்கும். நெல்லுக்குப் போலவே இங்கே பாசிக்கும் மாரிதான் காலம்.

இனப்பெருக்கத்துக்கும் நீர் வேண்டும். ஆண் கலம் நீந்தித்தான் பெண் கலத்தை அடையும். நீர்ப்படலம் ஒன்று இடையில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் மழைத்துளி தெறித்துக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். நுண்ணிய பூச்சிகளும் சுமந்து செல்கின்றன என்று 2006 இல் சுவீடன் ஆய்வாளர்கள் காட்டினார்கள். சேர்ந்த பிறகு ஒரு காம்பு எழும். அதன் நுனியில் ஒரு சின்னக் கலன், கலனுக்கு ஒரு மூடி. உள்ளே வித்திகள், புதிய பாசியாக முளைக்கும் நுண்தூள், இருக்கும். அவை முற்றியதும் மூடி விழும். வாயைச் சுற்றிப் பற்கள் போல ஒரு வளையம் இருக்கும், காற்றின் ஈரத்துக்கு ஏற்ப அது விரிந்தும் மடிந்தும் வித்திகளைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடும்.

இந்தக் கலனையும் பற்களையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். சங்கத்தின் ஒரு வருட வேலை அதில்தான் தங்கி நின்றது.

2024 ஜனவரி கடைசியில், வாவிக்கு மேற்கே படுவான்கரையில் குடும்பிமலைப் பக்கம் போனபோது, கருங்கல் ஒன்றின் நிழல் பக்கத்து வெடிப்பில் நீர் கசியும் ஈரமண்ணில் ஒரு பாசியைக் கண்டோம். இரண்டு உள்ளங்கை அகலம் இருக்கும். உயரம் ஒரு நெல்மணி அளவுகூட இல்லை. கைவில்லையால் பார்த்தபோது இலைகள் தண்டின் இரண்டு பக்கமும் தட்டையாக, ஒரு குட்டிப் பன்னம் போல அடுக்கி நின்றன. ஒவ்வொரு இலையின் அடியிலும் பை போன்ற ஒரு மடிப்பு, அது தண்டைத் தழுவிப் பிடித்திருந்தது. இந்த மடிப்பு பிசிடென்ஸ் என்ற பாசிச் சாதிக்கு, அதாவது நெருங்கிய இனங்கள் பல சேர்ந்த கூட்டத்துக்கு, உரிய அடையாளம். சிவந்த காம்புகள் நின்றன, ஆனால் மூடிகள் விழுந்து, பற்களும் உடைந்திருந்தன. அன்று பொழுதுபடும்வரை சுற்றியுள்ள பாறைகளை எல்லாம் தேடினோம். வேறு எங்கும் அது இல்லை.

சிறு துண்டு ஒன்றை எடுத்து, காகித உறையில் மடித்து, காயவைத்து, பாசி தெரிந்த ஒருவருக்கு அனுப்பினேன். பாசியைப் பாடம் பண்ண மருந்து தேவையில்லை, காய்ந்த உறையில் பல தலைமுறைக்கு இருக்கும். பிசிடென்ஸ்தான் என்று பதில் வந்தது. இனம் எது என்று சொல்ல, மூடி விழப்போகிற நிலையில் உள்ள கலன் வேண்டும், பற்கள் முழுதாக இருக்க வேண்டும், நுணுக்குக்காட்டியில் பார்க்க வேண்டும் என்றும் எழுதியிருந்தார்.

இதற்கிடையில் "மட்டக்களப்பில் அரிய பாசி கண்டுபிடிப்பு" என்று யாரோ படத்துடன் பரப்பிவிட்டார்கள். அதை நான் எழுதவில்லை, எழுதவும் மாட்டேன். அரியது என்று சொல்வதற்கு முதல் வேறு இடங்களில் தேடியிருக்க வேண்டும். 1849 முதல் பேராதனைத் தாவரவியற் பூங்காவைப் பொறுப்பில் வைத்திருந்த த்வெயிற்ஸ் காலத்திலிருந்தே இலங்கையில் பாசி சேகரிக்கிறார்கள், 500 க்கும் மேற்பட்ட இனங்கள் பதிவாகியுள்ளன. ஆனால் சேகரித்தவர்கள் அதிகம் ஏறியது ஈரமலைகளில்தான். நம்முடைய வரண்ட கரையில் குனிந்து பார்த்தவர்கள் மிகக் குறைவு. பார்க்காத இடத்தில் எதுவும் அரிதாகத்தான் தெரியும்.

உண்மையிலேயே அரியதற்கு ஓர் உதாரணம் சொல்கிறேன். இங்கிலாந்தின் டாபிஷயரில் ஒரு சுண்ணக்கல் ஊற்றடியில் மட்டும் வாழும் பாசி ஒன்று உண்டு. அதன் பெயர் தம்னோபிரையம் அங்குஸ்டிபோலியம். பிரதான கூட்டம் ஏறத்தாழ மூன்று சதுர மீற்றர், அருகில் சில சிறு திட்டுகள், அவ்வளவுதான். 1883 இல் கண்டார்கள். அந்த ஊற்று வற்றினாலோ அழுக்கானாலோ உலகத்திலேயே அது இருக்காது. அப்படி உறுதியாகச் சொல்ல அவர்களால் முடிகிறது, ஏனென்றால் நூறு வருடத்துக்கும் மேலாக ஆட்கள் திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்திருக்கிறார்கள். எமக்கு வேண்டியதும் அதுதான். நான் கேட்டது நூறு வருடம் அல்ல, நாலு சனிக்கிழமை.

யானை நடமாடும் இடம் என்பதால் நாலு பேருக்குக் குறைவாகப் போவதில்லை என்று நிர்வாக சபையில் நாமே முடிவெடுத்தோம். பற்கள் முழுதாக உள்ள கலனைப் பிடிக்க, முதலில் டிசெம்பர் 7 என்று வைத்திருந்தோம். வெள்ளத்தால் பாதை சரியில்லை, அது எவர் பிழையும் அல்ல. 14 ஆம் திகதி ஐந்து பேர் போனோம். காம்புகள் எழுந்திருந்தன, கலன்கள் இன்னும் பச்சை. ஒன்றிரண்டு கிழமையில் முற்றும் என்று கணித்தேன். 21 ஆம் திகதி என்னையும் சேர்த்து மூன்று பேர். ஒருவருக்காக ஏழு மணிவரை காத்திருந்து, வானைத் திருப்பி அனுப்பினோம், பாதி வாடகை கொடுக்க வேண்டியதாயிற்று. 28 ஆம் திகதி நானும் சாரதியும் மட்டும். வருவதாகக் குழுவில் பெயர் போட்டிருந்தவர்கள் ஒன்பது பேர். ஜனவரி 4 ஆம் திகதி ஆறு பேர் போனோம். மூடிகள் எல்லாம் விழுந்துவிட்டன. ஒரு கலனில்கூடப் பற்கள் முழுதாக இல்லை.

அந்த வெடிப்புக்கு முன்னால் நான் கொஞ்ச நேரம் பேசாமல் நின்றேன். கூட வந்தவர்களுக்குத் தெரியும்.

கிணற்று விடயத்தையும் சொல்லியாக வேண்டும். பொதுவளவு ஒன்றில் செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும் கொண்டு கட்டிய பழைய கிணறு இருந்தது. அதன் கட்டுச் சுவரில் ஹயோபிலா என்ற பாசி மெத்தையாக வளர்ந்திருந்தது. அது அரியதல்ல, வெப்ப நாடுகளில் கல்லிலும் சாந்திலும் எங்கும் காணலாம். ஆனால் படிப்பிக்க அதைவிட நல்ல பாசி இல்லை. காய்ந்தால் இலை ஓரங்கள் உள்ளே சுருளும், ஒரு சொட்டு நீர் விட்டால் கண்ணெதிரே விரியும். ஓகஸ்டில் எட்டாந்தர மாணவரைக் கூட்டிப்போய்க் காட்டினோம். ஒரு பிள்ளை பதினொரு தடவை நீர் சொட்டிப் பார்த்தாள். கட்டின் வெளிப்பக்கத்தை மட்டுமாவது விட்டுவிடுங்கள் என்று பொறுப்பானவர்களுக்குக் கடிதமும் கொடுத்தேன். ஒக்டோபரில் கம்பித் தூரிகையால் சுரண்டி, முழுவதும் சீமெந்து பூசிவிட்டார்கள். கால் வழுக்கும் என்பது அவர்கள் சொன்ன காரணம். நடைபாதைக்கு அது பொருந்தும், யாரும் மிதிக்காத சுவருக்குப் பொருந்தாது. அந்தத் தீர்மானம் எடுத்த கூட்டத்தில் எமது அங்கத்தவர் இருவர் இருந்தும் ஒன்றும் சொல்லவில்லை என்பதுதான் எனக்கு அதிக வருத்தம்.

பழைய கிணறுகள் இன்னும் இருக்கின்றன, ஆனால் குறைந்துகொண்டு வருகின்றன. வாவிக்கும் கடலுக்கும் இடையிலுள்ள எழுவான்கரையில் கடலோரக் கிணறுகளுக்கு 2004 சுனாமியில் உப்புநீர் புகுந்தது. கடலுக்குள் வாழும் பாசியினம் எதுவும் இல்லை, உப்பைத் தாங்குபவையும் மிகச் சில. அந்தக் கிணறுகளின் கட்டுச் சுவரில் இருபது வருடத்துக்குப் பிறகு என்ன திரும்பி வந்திருக்கிறது என்று எழுதிவைப்பது எமது கையால் செய்யக்கூடிய வேலை. இதற்குப் பட்டம் தேவையில்லை. கைவில்லை, கொப்பி, பென்சில், முழங்காலில் இருக்கப் பொறுமை, இவை போதும்.

கணக்கு. விவரமான கூற்றைப் பொருளாளர் வாசிப்பார். பொதுவாகச் சொன்னால், போன வருட மீதி, சந்தா, நன்கொடை எல்லாம் சேர்த்து வரவும் செலவும் ஏறத்தாழச் சரி, கையில் சிறு மீதி உண்டு. செலவில் பெரியது வான் வாடகை, அடுத்தது பரிசுகளும் தேநீரும். கைவில்லை ஆறு வாங்கினோம், இரண்டு இன்னும் திரும்பி வரவில்லை. வாடகையில் ஒரு பகுதியை நான் கையிலிருந்து கொடுத்தேன், அதைக் கணக்கில் காட்ட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். கொப்பியில் 58 அங்கத்தவர் இருக்கிறார்கள். ஆண்டுச் சந்தா 600 ரூபா. கட்டியவர்கள் 23 பேர். கட்டாதவர்களில் சிலர் உண்மையாகவே கஷ்டப்பட்டவர்கள், வெள்ளத்தில் வேளாண்மை போனவர்களும் இருக்கிறார்கள். அவர்களிடம் இனியும் கேட்கப் போவதில்லை. மற்றவர்களின் பெயரை நான் வாசிக்கவில்லை.

நன்றி சொல்ல வேண்டியவர்கள்: தலைவர், போசகர்கள், பொருளாளர், கணக்காய்வாளர், கூட்டத்துக்கு இடம் தந்த பாடசாலைச் சமூகம், அனுமதி தந்த அலுவலர்கள். விடிய முதலே வந்து காத்து நின்ற வான் சாரதித் தம்பிக்குத் தனியாக நன்றி. அவர் அங்கத்தவர் அல்ல. ஆனால் ஜனவரி 4 ஆம் திகதி அந்த வெடிப்பை முதலில் எட்டிப் பார்த்து, "சேர், மூடி இல்ல" என்று சொன்னது அவர்தான்.

வரும் ஆண்டைப் பற்றி. இன்னொரு தவணைக்குச் செயலாளராக இருக்கும்படி சிலர் கேட்டார்கள். வயது 67, முழங்கால் முன்போல இல்லை. இளையவர் ஒருவர் முன்வந்தால் கொப்பியையும் உறைகளையும் இன்றைக்கே கொடுத்துவிடுவேன், கணக்கெடுப்பில் அவருக்குக் கீழே வேலை செய்வேன். எவரும் முன்வராவிட்டால் இருக்கிறேன், ஆனால் நாலு பேர் உறுதியாகச் சொன்னால் மட்டும். பழைய நுணுக்குக்காட்டி ஒன்றைக் குறைந்த விலைக்குத் தர ஒருவர் சம்மதித்திருக்கிறார். நிலுவைச் சந்தாவில் பாதி வந்தாலே அதற்குக் காணும்.

இந்த மாரிக்கான திகதிகள் டிசெம்பர் 13, 20, 27, ஜனவரி 3. எல்லாம் சனிக்கிழமை. வான் காலை ஐந்தரைக்கு மணிக்கூட்டுக் கோபுரத்தடியில் நிற்கும். பெயர் எழுதுகிற தாளைத் தேநீர் மேசையில் வைத்திருக்கிறேன். நீண்ட கைச்சட்டையும் தண்ணீரும் கொண்டு வாருங்கள். கைவில்லை வைத்திருக்கும் இரண்டு பேர் அவற்றையும் கொண்டு வாருங்கள்.

செயலாளர்
மட்டக்களப்பு