சிறைக்குள் விபூதியும் விளக்கும் போய்ச்சேர உதவியவர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர், வணக்கம்.

நவராத்திரியில் தொடங்கி மகா சிவராத்திரி வரைக்கும், இங்கிலாந்துச் சிறைகளில் இருக்கும் தமிழர்களுடைய வழிபாட்டுக்கும் விரதத்துக்கும் துக்கத்துக்கும் கைகொடுத்த எல்லோருக்கும் இந்த மடல். பெயர் போட்டு நன்றி சொல்ல வழியில்லை. உள்ளே வேலை செய்பவர்களின் பெயரை வெளியில் எழுதுவது முறையல்ல. உள்ளே இருப்பவர்களின் பெயரை எழுதவே கூடாது. செய்த வேலையைச் சொன்னால் அவரவருக்குத் தம்மைத் தெரியும்.

கைதிக்குச் சாமி கும்பிடும் உரிமை உண்டு என்பதை இங்கே எவரும் மறுக்கவில்லை. சிறைக்கு ஒரு மதகுருவைச் சம்பளத்துக்கு வைக்கலாம் என்ற சட்டம் 1773இலேயே வந்துவிட்டது. ஆனால் அன்றைய சமயம் தண்டனையின் ஒரு பகுதி. 1842இல் திறந்த பென்டன்வில் சிறையில், முகத்தை மறைக்கும் தொப்பியோடு வந்து, பக்கத்தில் நிற்பவரைப் பார்க்க முடியாத மரத்தடுப்புக்குள் நின்றுதான் கைதிகள் பிரசங்கம் கேட்டார்கள். இன்றைக்கு 1952ஆம் ஆண்டுச் சிறைச்சட்டமும், 1999ஆம் ஆண்டுச் சிறைவிதிகளில் 13 முதல் 19 வரையான விதிகளும் இதைக் கைதியின் பக்கம் திருப்பி வைத்திருக்கின்றன. 14ஆம் விதிப்படி, சாப்ளின் எனப்படும் சிறைச் சமயப் பணியாளர் புதிதாக வந்தவரை வந்த கையோடும், விடுதலையாகப் போகிறவரை அதற்குச் சற்று முன்னரும் தனியாகச் சந்திக்க வேண்டும். நோயாளியையும் தனிச்சிறையில் இருப்பவரையும் நாள்தோறும் போய்ப் பார்க்க வேண்டும். சட்டத்தில் எல்லாம் ஒழுங்காகத்தான் இருக்கிறது. அது ஒரு மனிதரின் அறைக்கதவு வரை வந்து சேருவதற்கு இடையில் ஒரு படிவம், ஒரு பட்டியல், ஒரு சாவி இருக்கின்றன. உங்களுக்கு நன்றி சொல்வது அதற்காக.

முதல் நன்றி தொலைபேசி வழியாக மொழிபெயர்க்கும் தமிழர்களுக்கு. சிறைக்கு வந்த முதல் நாளிலேயே சமயம் என்ன என்று கேட்டுப் பதிந்துவிடுவார்கள். எங்கள் ஆட்கள் பலர் "சைவம்" என்பார்கள். கேட்கிற அதிகாரிக்கு அது சமயமா சாப்பாடா என்று தெரியாது. பயத்தில் வாய் திறக்காமல் இருந்துவிட்டால் "சமயம் இல்லை" என்று பதிவாகும். அப்படிப் பதிவானவரின் பெயர் இந்து சாப்ளினுக்குப் போகும் பட்டியலில் வராது. பெயர் பட்டியலில் இல்லையென்றால் வழிபாட்டு நேரத்தில் அவர் அறை திறபடாது. பிறகு விண்ணப்பம் எழுதி மாற்றலாம். ஆனால் அப்படி ஒரு விண்ணப்பம் இருப்பதே தெரியாமல் மாதக்கணக்காக இருந்துவிடுகிறவர்கள் உண்டு. அதனால் "இந்து என்று சொல்லுங்கோ, பிறகு சைவம் என்று சாப்ளினிடம் விளக்கலாம்" என்று அந்த இடத்திலேயே தெளிவுபடுத்துகிற மொழிபெயர்ப்பாளர் செய்வது பெரிய காரியம்.

சாப்ளின் என்ற சொல்லும் லேசுப்பட்டதல்ல. தமிழில் காதில் விழுந்ததும் தடியும் தொப்பியுமாக நடக்கிற சினிமாக்காரர்தான் நினைவுக்கு வருவார். "பாதிரியார்" என்று மொழிபெயர்த்தால் சைவக்காரர் "எனக்கு வேண்டாம்" என்று விடுவார். "எந்தச் சமயமென்றாலும் வந்து கதைக்கிற ஆள், வழக்கோடு சம்பந்தமில்லாதவர்" என்று நீட்டிச் சொல்வதுதான் வேலை செய்கிறது. பெயர் விடயமும் அப்படித்தான். எங்களில் தகப்பன் பெயர் முன்னே வரும். இங்கே அது குடும்பப் பெயராகவோ முதற்பெயராகவோ எப்படி வேண்டுமானாலும் பதிவாகும். பட்டியலில் ஆள் இல்லை என்று விட்டுவிடாமல் தகப்பன் பெயரிலும் ஒருமுறை தேடிப் பார்த்த அலுவலர்களுக்குத் தனி நன்றி.

விங் எனப்படும் சிறைப் பிரிவுகளின் அதிகாரிகளுக்கு அடுத்து. வழிபாடு தவறிப் போவதற்குப் பகைமை காரணமாக இருப்பது அரிது. அதே நேரத்தில் குடும்பத்தார் பார்க்க வந்திருப்பார்கள்; அல்லது உடற்பயிற்சி நேரமாக இருக்கும்; ஆள் பற்றாக்குறையால் விங்கையே பூட்டியிருப்பார்கள்; அல்லது திருத்திய பட்டியல் காலையில் கைமாறியிருக்காது. முதல் நாள் மாலையே பட்டியலைச் சரிபார்த்து, அறை அறையாகத் தட்டி, "இன்றைக்கு உங்கள் பூசை" என்று சொல்லித் திறந்துவிட்டவர்களை மறக்க மாட்டோம்.

இனிப் பொருட்கள். இதில்தான் வெளியில் இருப்பவர்களுக்கு விளக்கம் தேவை, ஏனென்றால் நல்ல மனதோடு அனுப்பியவை பல வாசலிலேயே நின்றுவிட்டன. திருநீறு வெள்ளைத் தூள். சிறை வாசலில் ஒரு பொட்டலம் வெள்ளைத் தூள் எப்படித் தெரியும் என்று யோசித்துப் பாருங்கள். அது சாப்ளின் வழியாக, முன்கூட்டியே எழுதிக் கொடுத்து, கடையில் முத்திரையிட்ட உறையோடு மட்டுமே வரவேண்டும். பூசையில் நெற்றியில் இட்டு அனுப்புவதே பாதுகாப்பானது. மடித்து அறைக்குக் கொடுத்துவிட்டால் அடுத்த சோதனையில் மாட்டிக்கொள்வது அந்தக் கைதிதான். கற்பூரமும் எண்ணெய் விளக்கும் நினைத்தே பார்க்க வேண்டாம். பற்றரி விளக்குகள் எத்தனை உள்ளே போயினவோ அத்தனையும் எண்ணி வெளியே வரவேண்டும். ஒன்று குறைந்தாலும் அன்றைய நாள் தேடுதலில் போய்விடும். தேங்காய் உடைக்க ஏலாது. உடைந்த சிரட்டை கூராயுதம். சாமிப்படத்துக்குக் கண்ணாடிச் சட்டம் கூடாது, தடித்த காகிதத்தில் அச்சிட்ட படம் போதும். உருத்திராக்க மாலை கோத்த நூல், இழுத்தால் அறுபடுவதாக இருக்கவேண்டும். காரணம் சொல்லத் தேவையில்லை. கேதார கௌரி விரதம் முடிந்து கட்டும் காப்பு நூலையும் ஒரு சுற்றுக்குமேல் போகாமல் கட்டிவிட்ட ஐயருக்கு அது விளங்கியிருந்தது.

புத்தகம் அனுப்பியவர்கள் கோபிக்கக் கூடாது. வீட்டில் பாட்டி வைத்திருந்த தேவாரப் புத்தகம் அருமையானதுதான். ஆனால் செயற்கைக் கஞ்சாவைக் கரைத்துக் காகிதத்தில் ஊறவைத்து அனுப்பும் வழக்கம் வந்தபிறகு, கறைபட்ட தாள், கையால் எழுதிய பக்கம், பழுப்பேறிய அட்டை எல்லாமே சந்தேகத்துக்குரியவை. பல சிறைகளில் வீட்டுக் கடிதத்தையே படியெடுத்துப் படியைத்தான் கொடுக்கிறார்கள். புதிய பிரதி, மெல்லிய அட்டை, சுருள்கம்பியும் ஸ்டேபிள் பின்னும் இல்லாத கட்டு, உள்ளே ஒரு எழுத்தும் எழுதாமல். இப்படி அனுப்பிய பஞ்சபுராணத் திரட்டுகள் தடையில்லாமல் கைக்குப் போயின. தேவாரம், திருவாசகம், திருவிசைப்பா, திருப்பல்லாண்டு, பெரியபுராணம், கடைசியில் திருப்புகழ் என்று வரிசையாகப் பாட இப்போது புத்தகம் இருக்கிறது. பெரிய எழுத்தில் அச்சிட்டுத் தந்தவருக்கு வயதான கண்கள் சார்பில் நன்றி. பண் தெரியாதவர்களும் பாடுகிறார்கள். சிலர் பாடுவதை ஓதுவார் கேட்டால் எழுந்து போய்விடுவார், ஆனால் பாடுகிறார்கள்.

சமையல்கூடத்தாரை எவ்வளவு பாராட்டினாலும் தகும். இங்கே மரக்கறிச் சாப்பாடு என்று பதிந்தால் அதில் முட்டை வரும். பாலாடைக்கட்டியில் கன்றின் இரைப்பையிலிருந்து எடுத்த நொதி இருக்கலாம். விரதகாரருக்கு அது ஆகாது என்பதைப் பட்டியலில் தனியாகக் குறித்து, கந்தசஷ்டியின் ஆறு நாளும் ஒருநேரச் சாப்பாட்டுக்காரருக்குப் பகல் உணவை எடுத்துவைத்தார்கள். கைதிகள் சாப்பாட்டை நாட்கள் முன்னதாகவே தெரிவு செய்து கொடுத்துவிடுவதால், விரதம் தொடங்குகிற அன்று காலையில் சொல்லிப் பயனில்லை. தீபாவளிச் சாப்பாட்டுக்கு இன்னொரு சிக்கல், ஒவ்வாமைப் பட்டியல். இந்நாட்டில் 14 பொருட்களைக் கட்டாயம் குறிப்பிட வேண்டும். கடுகும் எள்ளும் அதில் இருக்கின்றன. எங்கள் தாளிப்பில் கடுகு இல்லாதது எது? நல்லெண்ணெயும் எள்ளுத்தான். கடையில் வாங்கும் கூட்டுப் பெருங்காயத்தில் கோதுமை மா கலந்திருக்கும். மா ஒவ்வாதவருக்கு அது ஆபத்து. உளுந்து அந்தப் பட்டியலில் இல்லை, கச்சான் (வேர்க்கடலை) இருக்கிறது. வீட்டில் சமைத்ததை வாசலில் வாங்கமாட்டார்கள் என்று தெரிந்தபின், செய்முறையை அளவோடு எழுதிக் கொடுத்த அக்காமாரும், அதைப் பார்த்து உள்ளேயே சமைத்தவர்களும் சேர்ந்து சாதித்த காரியம் இது. சூடாக வைக்கும் உணவு 63 பாகை செல்சியசுக்குக் கீழே இறங்கக்கூடாது என்பதால் பொங்கல் கொஞ்சம் அடிப்பிடித்தது. அதைக் குறையாகச் சொல்ல ஒருவரும் இல்லை. பழமும் சர்க்கரையும் அளவாக வந்ததற்குக் காரணம் கஞ்சத்தனமில்லை. அறைக்குள் சேர்த்து நொதிக்க வைத்தால் சாராயமாகும், அதுதான் கதை.

ரமழானில் தமிழ் முஸ்லிம் சகோதரர்களுக்கு நோன்பு திறக்கும் உணவையும் விடியுமுன் உண்ணும் சஹர் உணவையும் கதவு பூட்டுமுன் சூடு தாங்கும் பெட்டியில் கொண்டுபோய்க் கொடுத்தவர்களுக்கும், தமிழில் பாவசங்கீர்த்தனம் கேட்க வந்த குருவானவருக்கும் இதே நன்றி.

நாள் குறித்துத் தந்த ஐயாவுக்கு. வாக்கிய பஞ்சாங்கம் ஒரு திகதி சொல்லும், திருக்கணித பஞ்சாங்கம் இன்னொன்று சொல்லும். யாழ்ப்பாணத்து நேரம் இலண்டனுக்குக் கோடையில் நாலரை மணி, குளிரில் ஐந்தரை மணி முந்தியது என்பதால் திதியும் தள்ளிப்போகும். தகப்பனுக்கு ஆடி அமாவாசை, தாய்க்குச் சித்திராப் பௌர்ணமி என்று பிடிக்கிறவர்கள் மூன்று பஞ்சாங்கத்தில் மூன்று நாள் கேட்டால் சிறை நிர்வாகம் ஒன்றையும் தராது. ஒரே கோயிலின் கணிப்பை எடுத்து, ஆண்டுத் தொடக்கத்திலேயே எழுத்தில் கொடுத்ததால்தான் இம்முறை ஒரு நாளும் தவறவில்லை.

கடினமான நன்றி இது. வெளியில் ஒரு சாவு நடந்தால் அதைச் சொல்லப் பெரும்பாலும் சாப்ளின்தான் போவார். போவதற்கு முன் மருத்துவமனையிலோ இறுதிச்சடங்கு நிலையத்திலோ கேட்டு உறுதிசெய்து கொள்வார். அதனால் குடும்பத்தார் தொலைபேசியில் அழுதுவிட்டு வைத்துவிடாமல், இறந்தவரின் முழுப்பெயர், பிறந்த திகதி, எந்த மருத்துவமனை, கைதிக்கு என்ன முறை என்று சொன்னால் மணிக்கணக்கு மிச்சமாகும். இந்த "என்ன முறை" என்பதில்தான் எங்களவர்கள் இடறுகிறார்கள். இறுதிச் சடங்குக்குப் போக நெருங்கிய உறவுக்குத்தான் வாய்ப்பு அதிகம். சித்தப்பாவையும் பெரியம்மாவையும் ஆங்கிலத்தில் மாமா, மாமி என்கிற அதே சொல்லில் எழுதினால் தூரத்து உறவாகிவிடும். "போரில் தாய் தகப்பனை இழந்தபின் இவரை வளர்த்தவர்" என்று உண்மை அதுவானால் அதையே எழுத வேண்டும். பெற்றோர் இடத்தில் இருந்தவர் என்பதற்கு விதியில் இடமுண்டு. அனுமதி கிடைத்தாலும் பெரும்பாலும் விலங்கோடுதான் வருவார்கள். வாய்க்கரிசி போட ஒரு கை நீளும் அளவுக்குச் சங்கிலி வேண்டும் என்று முதலே எழுதிக் கேட்ட சாப்ளினுக்கும், அதை ஒத்துக்கொண்ட காவல் அதிகாரிகளுக்கும், சடங்கைச் சுருக்கி நேரத்துக்குள் முடித்துத் தந்த குருக்களுக்கும் நாங்கள் கடமைப்பட்டவர்கள். போக முடியாதவர்களுக்கு சாப்ளின் அறையில் நேரலையைப் போட்டுக்காட்டி, முடிந்தபிறகும் பக்கத்தில் இருந்தவர்களுக்கும். அன்றிரவு அறைத்தோழரும், மனமுடைந்தவர்களுக்குச் செவிகொடுக்கும் சமாரித்தான்ஸ் அமைப்புப் பயிற்றுவித்த கேட்போர் என்கிற சககைதிகளும் விழித்திருந்தார்கள். 1991இல் சுவான்சி சிறையில் தொடங்கிய ஏற்பாடு அது.

தொண்டர்கள் செய்யாமல் விட்டதற்கும் நன்றி சொல்ல வேண்டும். "வீட்டுக்கு ஒரு கோல் எடுத்துச் சொல்லுங்கோ", "இந்தத் துண்டைக் கொடுத்துவிடுங்கோ" என்று கேட்பார்கள். ஊர்க்காரர், அதுவும் அழுதுகொண்டு கேட்கிறார், மறுப்பது கல்நெஞ்சாகத் தெரியும். ஆனால் அந்த வீட்டில் இருப்பவர் வழக்கில் பாதிக்கப்பட்டவராக இருக்கலாம். நீதிமன்றம் தொடர்புகொள்ளத் தடை போட்டிருக்கலாம். முதல் சின்ன உதவிக்குப் பிறகு இரண்டாவதை மறுக்கவும் முடியாது. மறுத்து, சாப்ளினிடம் அனுப்பிவிட்டீர்கள். தொலைபேசியைக் காரிலேயே விட்டு வந்தீர்கள். அனுமதியின்றி அதை உள்ளே கொண்டுபோவது சட்டப்படி குற்றம்.

கோயில் நிர்வாகங்களுக்குக் கடைசியாக. விடுதலையானவர் அன்னதானத்துக்கு வரலாமா என்று கேட்டபோது கதவைச் சாத்தாமலும், கண்ணை மூடிக்கொண்டு திறந்துவிடாமலும் இருந்தீர்கள். சிலருக்குப் பிள்ளைகள் இருக்கும் இடத்துக்குப் போகக் கட்டுப்பாடு உண்டு. அதை முடிவு செய்வது நன்னடத்தை அதிகாரி. எந்த வாசல், எந்த நேரம், யார் கூட இருப்பது என்று அவரோடு பேசி எழுதிவைத்தீர்கள். என்ன குற்றம் என்று சபையில் விசாரிக்கவும் இல்லை.

வருகிற நவராத்திரிக்குப் புதிய பஞ்சபுராணப் பிரதிகள் 40 வேண்டும், மேலே சொன்ன மாதிரி. விரதகாரர் பட்டியலைத் தொடக்கத்துக்கு ஆறு வாரம் முன்னதாகவே சமையல்கூடத்துக்குக் கொடுக்க விரும்புகிறோம். திருநீற்றை யாரும் தபாலில் அனுப்ப வேண்டாம்.

இங்ஙனம்,
சிறைவழிபாட்டுத் தொண்டர்கள்