சாம்பல் ஏட்டைக் காப்பது யார்?

அன்புள்ள சாமி,

நீ எழுதி அனுப்பிய கதையின் அத்தியாயங்களைக் கடைவீதியில் பிரிண்ட் எடுத்து வந்து படித்து முடித்துவிட்டேன். போனில் கதை படிக்க எனக்கு ஓடாது. கோத்தகிரியில் மழை விடவில்லை, மத்தியானமே மேகம் வாசலுக்கு வந்துவிடுகிறது. படிக்கத் தோதாகப் போயிற்று.

உன் மலைநாடு மனதில் நிற்கிறது. மேகத்துக்கு மேலே மடம், சாகப்பிறந்தவள் என்று ஊரார் ஒதுக்கிய இளவரசி, கணவாய்ச் சண்டை எல்லாமே நன்றாக வந்திருக்கின்றன. சண்டையில் கை வைக்காதே. அந்தச் சாம்பல் ஏடு மட்டும்தான் எனக்கு உறுத்துகிறது. பாதாள அறையில் சங்கிலி போட்டுக் கிடக்கிறது, தொட்டுத் திறந்தவன் எவனானாலும் எரிந்து போகிறான். திறந்ததுமே கொல்லும் என்றால் அதற்குள் எழுத்து எதற்கு சாமி? வெற்று ஓலையே போதுமே. படித்தால்தான், கேட்டால்தான் கொல்ல வேண்டும்.

நந்திக்கலம்பகக் கதையை நினைத்துப் பார். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன், நீயும் பின் பெஞ்சில் உட்கார்ந்து கேட்டிருக்கிறாய். 9ஆம் நூற்றாண்டுப் பல்லவன் மூன்றாம் நந்திவர்மன், தெள்ளாற்றில் வென்றவன். அவன்மேல் பகை கொண்ட தம்பி அறம் வைத்து, அதாவது கேட்பவன் சாகும்படி சொல் வைத்து, பாடிய பாட்டு அது. முழுக்கக் கேட்டால் உயிர் போகும் என்று சொல்லியும் மன்னன் விடவில்லை. அரண்மனையிலிருந்து சுடுகாடு வரை நூறு பந்தல் போடச் சொன்னான். ஒவ்வொரு பந்தலிலும் உட்கார்ந்து ஒவ்வொரு பாட்டாகக் கேட்டான், எழுந்ததும் அந்தப் பந்தல் எரிந்தது. கடைசிப் பாட்டைச் சிதைமேல் இருந்து கேட்டான். வரலாற்றில் இப்படி நடந்ததற்குச் சான்று கிடையாது. ஆனால் அந்த ஏட்டுக்கு மன்னனைத் துரத்திப் பிடிக்கிற வேலையே இல்லை, பார்த்தாயா? தெரிந்தே நடந்து போகிறான். அறுபதாவது பந்தலில் எழுந்து திரும்பியிருக்கலாம், யாரும் தடுத்திருக்க மாட்டார்கள். உன் இளவரசிக்கும் அந்தப் பந்தல்களைக் கொடு. ஒரே வரியில் அவளை எரித்துவிடாதே.

அந்தக் கலம்பகத்தோடு சேர்த்துச் சொல்லும் கையறுநிலைப் பாட்டு, இறந்தவனை நினைத்துப் புலம்பும் பாட்டு, ஒன்று உண்டு. ‘செந்தழல் புகுந்ததுன் மேனி’ என்று சொல்லிவிட்டு, ‘யானுமென் கலியும் எவ்விடம் புகுவேம்’ என்று கேட்கிறது. கலி என்றால் வறுமை. பாடியவன் மிச்சமிருக்கிறான். சாம்பல் ஏட்டை எழுதியவன் என்ன ஆனான் என்று நீ ஓரிடத்திலும் சொல்லவில்லை. அவன் எனக்கு வேண்டும்.

மந்திரத்துக்கு விதி வேண்டும் என்று கேட்டிருந்தாய். செய்யுள் நூல்களை எப்படிப் பாட வேண்டும் என்று சொல்லும் நம் பாட்டியல் நூல்களில் தயாராகவே இருக்கிறது. ஒரு நூலின் முதற்சொல்லுக்குப் பத்துப் பொருத்தம் பார்ப்பார்கள். அதில் உண்டிப் பொருத்தம் என்பது எழுத்துகளை அமுதெழுத்து, நச்செழுத்து என்று பிரிப்பது. யா, ரா, லா, ளா எல்லாம் நஞ்சு. பாட்டுடைத் தலைவனுக்குக் கேடு வரும் என்று முதற்சொல்லில் அவற்றை வைக்க மாட்டார்கள். உன் மடத்துப் பண்டிதர் முதல் எழுத்தைப் பார்த்ததுமே முகம் வெளுத்து ஏட்டை மூடட்டும். படிக்கிறவர்களுக்கு அதைவிடப் பயம் வேறெதிலும் வராது.

இன்னொன்று. மடத்துக்கு ஓலை எங்கிருந்து வந்தது? ஊட்டி 2,240 மீட்டர் உயரம், அங்கே நீ பனைமரம் பார்த்திருக்கிறாயா? உன் மலை அதைவிட உயரம். அப்படியானால் கீழ்நாட்டிலிருந்து யாரோ முதுகில் சுமந்து ஏறியிருக்க வேண்டும். வந்த ஓலையும் இந்த ஈரத்தில் சும்மா இருக்காது. நம் அலமாரியில் உன் பழைய அகராதி அட்டை முழுக்கப் பச்சைப் பூசணம், துடைத்து வைத்தால் அடுத்த வாரம் மறுபடி பூக்கிறது. ஓலை என்றால் எண்ணெய் தடவ வேண்டும், கோவையிலைச் சாறும் கரியும் சேர்த்துத் தேய்த்தால்தான் கீறிய எழுத்து கண்ணுக்குத் தெரியும், பூச்சி வராமல் அடுப்புப் புகையில் பரண்மேல் வைக்க வேண்டும். பாதாள அறையில் வைத்தால் ஒரே மழைக்காலத்தில் மக்கிப் போகும். ஆகவே அந்த ஏடு சமையற்கட்டில்தான் இருக்க முடியும்! மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு கிழவி கஞ்சி ஊற்றிவிட்டுப் போகிறாளே, அவளுக்கு எழுத்துத் தெரியாது என்று வை. கொல்லும் ஏட்டை நாள்தோறும் தொட்டுத் துடைக்கக்கூடியவள் அவள் ஒருத்திதான். இளவரசி அவளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க ஆசைப்பட்டால் என்ன ஆகும் என்று யோசி.

எவ்வளவு காத்தாலும் ஓலை சில நூறு வருஷம்தான், பிறகு பார்த்து எழுதியாக வேண்டும். உன் ஏட்டுக்கோ ஆயிரம் வருஷம் என்கிறாய். அப்படியானால் தலைமுறைக்கு ஒருவன் அதை எழுத்தெழுத்தாகப் படித்து, தனக்கு என்ன நேரும் என்று தெரிந்தே புது ஓலையில் கீறியிருக்கிறான். அதை எரிக்கத்தான் மடத்தார் ஆறு அத்தியாயமாகச் சண்டை போடுகிறார்கள். எழுதாமல் விட்டிருந்தாலே தானாக அழிந்திருக்கும். ஏன் விடவில்லை? உன் கதையே அந்தக் கேள்வியில்தான் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. இதை விட்டுவிடாதே கண்ணு.

பிரிண்டில் ஓரமாகப் பென்சிலில் குறித்திருக்கிறேன், அப்பா ஸ்கேன் செய்து அனுப்புவார். சந்திப்பிழைகளை முதலில் திருத்து, ஒற்று எக்கச்சக்கமாக விட்டிருக்கிறாய். அடுத்த அத்தியாயத்தில் அந்தக் கிழவியை எழுதியதும் அனுப்பு.

அன்புடன்,
அம்மா