எட்டாம் நம்பர் தொகுதியிலிருந்து

ஷாம்பர்க், இல்லினாய்
2025 அக்டோபர் 19

அன்புள்ள சேது,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. கையால் எழுதிய கடிதத்துக்குக் கையால்தான் பதில் போட வேண்டும் என்று பிடிவாதம் பிடித்து, வீட்டில் மை வருகிற பேனா ஒன்றைத் தேடியே பத்து நாள் போய்விட்டது. வலது கண்ணில் புரை ஆபரேஷன் முடிந்தது என்று எழுதியிருந்தாய். எழுத்து பழையபடி கோடு பிசகாமல் வந்திருப்பதைப் பார்த்தாலே தெரிகிறது, பார்வை தேறிவிட்டது. இடது கண்ணை மழை முடிந்து வைத்துக்கொள்.

கடைசியில் ஒரு வரி கேட்டிருந்தாய்: "உங்க எம்.பி. ராஜா கிருஷ்ணமூர்த்தியாமே, நம்மாளா? அவருக்கு முன்னால் அங்கே யார் யார் இருந்தார்கள்?" நீ போகிற போக்கில் கேட்டிருப்பாய். நான் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க அதிலேயே உட்கார்ந்துவிட்டேன். வீட்டில் இரண்டு முறை காபி ஆறிப்போய்த் திட்டும் வாங்கினேன்.

நம்மாள்தான். டெல்லியில் 1973இல் பிறந்தவர், தமிழ்க் குடும்பம். மூன்று மாதக் குழந்தையாக இந்த நாட்டுக்குத் தூக்கிவந்திருக்கிறார்கள். உன் கேள்வியின் இரண்டாம் பாதிதான் என்னை மாட்டிவிட்டது. "அங்கே" என்று எந்த இடத்தைச் சொல்வது? இங்கே தொகுதிக்கு ஊர்ப்பெயர் கிடையாது, நம்பர்தான். எங்களுடையது இல்லினாய் மாநிலத்தின் எட்டாம் தொகுதி. பத்து வருஷத்துக்கு ஒருமுறை மக்கள்தொகைக் கணக்கு எடுத்ததும் எல்லையைப் புதிதாக வரைகிறார்கள். அப்போது நம்பர் வேறு ஊருக்குக் குடிபோய்விடும். ஆகவே நம்பருக்கு ஒரு பரம்பரை, மண்ணுக்கு ஒரு பரம்பரை என்று இரண்டையும் சொல்லியாக வேண்டும்.

முதலில் நம்பர். 1993 வரைக்கும் எட்டாம் நம்பர் சிகாகோ நகரத்துக்குள், போலந்திலிருந்து வந்து குடியேறியவர்கள் நிறைந்த வடமேற்குப் பகுதியில் இருந்தது. டான் ரோஸ்டென்கௌஸ்கி என்ற பெரும்புள்ளி 1959இலிருந்து அங்கே உறுப்பினர். ஜனநாயகக் கட்சி. நாட்டின் வரிச் சட்டங்கள் எல்லாம் பிறக்கிற குழுவுக்கு 1981 முதல் 1994 வரை தலைவர். 1986இல் வந்த பெரிய வரிச் சீர்திருத்தத்தில் ஜனாதிபதி ரீகனோடு கைகோத்து வேலை பார்த்தவர். 1988இல் முதியோர் மருத்துவச் செலவுக்காக ஒரு சட்டம் வந்தது, அதற்கான பணத்தை முதியோரிடமே வசூலிக்கப் பார்த்தார்கள். மறு வருஷம் சொந்தத் தொகுதிக் கிழவர்களும் கிழவிகளும் கூடி அவர் காரை மறித்துவிட்டார்கள். மனிதர் காரை விட்டு இறங்கித் தெருவில் ஓடினார்! அப்புறம் ஊழல் வழக்கு, 1994இல் தோல்வி, 1996இல் குற்றத்தை ஒப்புக்கொண்டு சிறை, 2000 கடைசியில் கிளின்டன் கொடுத்த மன்னிப்பு. ஆனால் அவர் தோற்றது எட்டாம் தொகுதியில் இல்லை. அதற்கு முந்தைய தேர்தலிலேயே அவருக்கு ஐந்தாம் நம்பர் கொடுத்துவிட்டு, எட்டை எங்கள் பக்கத்துப் புறநகருக்கு அனுப்பிவிட்டார்கள்.

இனி மண்ணின் கதை. எனக்கு இதுதான் ருசி.

சிகாகோவின் வடக்குப் புறநகர்கள் அந்தக் காலத்தில் பதின்மூன்றாம் தொகுதி. மார்கரீட் சர்ச் என்ற அம்மையார் 1951 முதல் 1963 வரை இருந்தார். கணவர் ரால்ஃப் சர்ச் உறுப்பினராக இருந்தபோதே இறந்துபோக, அந்த இடத்துக்கு நின்று ஜெயித்தவர். போதும் என்று அவரே விலகியதும் 1962இல் முப்பது வயது இளைஞர் ஒருவர் நின்று வென்றார். பெயர் டானல்டு ரம்ஸ்ஃபெல்டு. ஆமாம், இராக் போர் நடந்தபோது பாதுகாப்பு அமைச்சராக இருந்த அதே ரம்ஸ்ஃபெல்டு. 1969இல் நிக்சன் அரசில், வறுமை ஒழிப்புத் திட்டங்களைக் கவனிக்கிற அலுவலகத்துக்குத் தலைமை தாங்க இடத்தைக் காலி செய்துவிட்டுப் போனார்.

இடைத்தேர்தலில் வந்தவர் ஃபில் கிரேன். பியோரியா என்ற ஊரில் பிராட்லி பல்கலைக்கழகத்தில் சரித்திரம் நடத்திக்கொண்டிருந்தவர். குடியரசுக் கட்சி, அதிலும் தீவிர வலதுசாரி. 1969இல் உட்கார்ந்தவர் 2005 ஜனவரி வரை எழுந்திருக்கவில்லை. பதின்மூன்று, பன்னிரண்டு, எட்டு என்று தொகுதியின் நம்பர் மாறியது, ஆள் மாறவில்லை. நடுவில் 1980இல் ஜனாதிபதி வேட்பாளராகவும் முயன்று பார்த்தார், ரீகன் அலையில் காணாமல் போனார். நான் இங்கே வந்த 1998இல் எங்கள் உறுப்பினர் அவர்தான். ஒருநாள்கூடப் பார்த்ததில்லை. பக்கத்து வீட்டுக்காரரும் பார்த்ததில்லையாம். கீழ்ச்சபையிலேயே அதிக காலம் இருந்த குடியரசுக் கட்சிக்காரர் என்ற பெயரோடு 2004 தேர்தலுக்கு வந்தார். மெலிசா பீன் என்ற ஜனநாயகக் கட்சிப் பெண்மணி, 2002இல் அவரிடமே தோற்றவர், இந்த முறை சுமார் 52 சதவீதம் வாங்கி அவரை வீட்டுக்கு அனுப்பினார்.

இங்கேதான், சேது, நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நடந்தேன். பீன் ஜெயித்தது 2004 நவம்பர் 2. பத்து நாள் கழித்து, நவம்பர் 12 அன்று, இராக்கில் ஒரு பிளாக்ஹாக் ஹெலிகாப்டர் தாக்கப்படுகிறது. அதை ஓட்டியவர்களில் ஒருவர் டாமி டக்வொர்த், பாங்காக்கில் பிறந்த பெண். இரண்டு கால்களும் போய்விட்டன. அந்தப் போரை நடத்திய அமைச்சர் இந்தப் புறநகர்களின் பழைய உறுப்பினர். கால்களை இழந்த அந்தப் பெண் எட்டு வருஷம் கழித்து இதே புறநகர்களின் உறுப்பினர். கதையாக எழுதினால் செயற்கையாக இருக்கிறது என்று நீயே அடித்துவிடுவாய்.

அவர் நேராக இங்கே வந்துவிடவில்லை. 2006இல் பக்கத்து ஆறாம் தொகுதியில் நின்று, 5,000 வாக்குக்கும் குறைவான வித்தியாசத்தில் தோற்றார். இங்கே நடுவில் 2010 வந்தது. அதில் என் பங்கும் ஒன்று உண்டு. இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

அதற்கு முந்தைய வருஷம்தான் எனக்குக் குடியுரிமை கிடைத்திருந்தது. முதல் வாக்கு. காலையில் கூட்டம், மாலையில் ஒரு வேலை இழுத்துவிட்டது, வெளியே வந்தபோது மணி ஏழரை. வாக்குச்சாவடி ஏழுக்கே மூடிவிடும். நம் ஒரு வாக்கில் என்ன ஆகிவிடப் போகிறது என்று வழியில் பீட்சா வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனேன். எண்ணிக்கை இரண்டு வாரம் இழுத்தது. தபால் வாக்கு, தற்காலிக வாக்கு எல்லாம் எண்ணி முடித்தபோது பீன் தோற்றிருந்தார். வித்தியாசம் 300கூட இல்லை. மொத்தம் பதிவானது இரண்டு லட்சத்துக்கும் மேல். என் வாக்கு ஒன்றால் அது மாறியிருக்காதுதான். ஆனால் என்னைப்போல் பீட்சா வாங்கப் போனவர்கள் இந்தத் தொகுதியில் 300 பேர் இருந்திருக்க மாட்டார்களா? அன்றிலிருந்து வாக்கு நாளுக்கு முன்பே போய்ப் போட்டுவிடுகிறேன்.

ஜெயித்தவர் ஜோ வால்ஷ். குடியரசுக் கட்சி, அதற்குள் அப்போது கிளம்பிய டீ பார்ட்டி என்ற தீவிர வலதுசாரி அலையில் வந்தவர், சத்தம் அதிகம். இரண்டே வருஷம்தான் இருந்தார் (இங்கே பதவிக்காலமே இரண்டு வருஷம்தான், பதவியேற்ற மறுநாளே வசூலுக்குக் கிளம்பிவிடுகிறார்கள்). பின்னாளில் 2020இல் டிரம்ப்பை எதிர்த்துச் சொந்தக் கட்சியிலேயே ஜனாதிபதி வேட்பாளராக நிற்கப் பார்த்து, முடியாமல், கட்சியை விட்டே வெளியேறினார்.

வால்ஷை வீழ்த்தியது வாக்காளரா, பென்சிலா என்பது எனக்கு இன்னும் சந்தேகம். நம் ஊரில் எல்லை வரைய ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் ஓர் ஆணையம் வைக்கிறோம். இந்த மாநிலத்தில் சட்டமன்றமே வரைகிறது, அதாவது ஆளுங்கட்சி. 2011இல் சட்டமன்றமும் ஆளுநரும் ஜனநாயகக் கட்சி. விஸ்கான்சின் எல்லைவரை நீண்டிருந்த எட்டாம் தொகுதியை அப்படியே தெற்கே இழுத்து எல்ஜின், ஷாம்பர்க், அதற்கும் கீழே என்று கொண்டுவந்துவிட்டார்கள். வால்ஷின் வீடே வேறு தொகுதிக்குப் போய்விட்டது. அங்கே அவர் கட்சிக்காரர் ஒருவர் ஏற்கெனவே உறுப்பினர். வேறு வழியில்லாமல் எட்டிலேயே நின்றார், டக்வொர்த்திடம் தோற்றார். இதே மாநிலத்தில் நான்காம் தொகுதி என்று ஒன்று இருந்தது. இரண்டு துண்டு நிலம், நடுவில் ஒரு நெடுஞ்சாலையை மட்டும் பிடித்து ஒட்டவைத்தது. குளிருக்குக் காதில் மாட்டும் பட்டை போலிருக்கும் அதன் படம். இந்த வேலைக்கு இவர்கள் வைத்திருக்கும் பெயர் கெரிமாண்டர். 1812இல் மாசசூசெட்ஸ் ஆளுநராக இருந்த கெரியின் பெயரையும் சாலமாண்டர் என்ற பல்லிமாதிரிப் பிராணியையும் சேர்த்து ஒரு பத்திரிகை கிண்டல் செய்ததில் வந்தது. நான் வாக்களிப்பது பெரும்பாலும் ஜனநாயகக் கட்சிக்குத்தான், ஆனாலும் இதை நியாயம் என்று சொல்ல வாய் வரவில்லை.

சரி, ராஜா. அவர் 2012லேயே கட்சிக்குள் நடக்கிற முதல் சுற்றில் டக்வொர்த்தை எதிர்த்து நின்றவர். மூன்றில் ஒரு பங்கு வாக்குத்தான் கிடைத்தது. 2016இல் டக்வொர்த் செனட்டுக்குப் போக, அந்த இடத்துக்கு நின்று 58 சதவீதம் வாங்கி வந்தார். பகவத்கீதை மேல் கைவைத்து உறுதிமொழி எடுத்தார். அதே தேர்தலில்தான் சென்னையில் பிறந்த பிரமிளா ஜெயபாலும் சியாட்டிலிலிருந்து கீழ்ச்சபைக்குப் போனார். சிறுவயதில் அப்பாவுக்கு வேலையில் தடுமாற்றம் வந்தபோது அரசாங்கம் கொடுத்த உணவுக் கூப்பனிலும் அரசு குடியிருப்பிலும் காலம் தள்ளினோம் என்று ராஜா மேடைக்கு மேடை சொல்வார். அப்புறம் அப்பாவுக்குப் பேராசிரியர் வேலை கிடைத்துக் குடும்பம் நிலைபெற்றது. எங்கே தெரியுமா? பியோரியாவில், அதே பிராட்லி பல்கலைக்கழகத்தில். கிரேன் அங்கிருந்து கிளம்பிப் பத்துப் பன்னிரண்டு வருஷம் கழித்து. இங்கிருந்து காரில் இரண்டரை மணி நேரம் தள்ளியிருக்கிற ஓர் ஊர்க் கல்லூரி, இந்தத் தொகுதிக்கு இரண்டு பேரை, அதுவும் எதிரெதிர்க் கட்சியில், அனுப்பி வைத்திருக்கிறது! நம் புதுக்கோட்டை மன்னர் கல்லூரி இப்படி யாரையாவது அனுப்பியிருக்கிறதா என்று நீதான் பார்த்துச் சொல்ல வேண்டும்.

இதையெல்லாம் எழுதும்போது உன் ஞாபகம்தான், மாப்ளே. 2008 மறுவரையறையில் புதுக்கோட்டை நாடாளுமன்றத் தொகுதி காணாமல் போனபோது நீ எனக்குப் போட்ட கடிதம் இன்னும் இருக்கிறது. நாலு பக்கம், நாலும் கோபம். நகரமும் கந்தர்வகோட்டையும் திருச்சிக்கு, விராலிமலை கரூருக்கு, திருமயமும் ஆலங்குடியும் சிவகங்கைக்கு, அறந்தாங்கி ராமநாதபுரத்துக்கு. "சமஸ்தானமாக இருந்த ஊரைக் கறி பங்கு போட்டமாதிரி போட்டுவிட்டார்கள்" என்று எழுதியிருந்தாய். தோழர் உமாநாத் இரண்டு முறை ஜெயித்த தொகுதி அது என்று உன் அப்பா புலம்பினதையும் எழுதியிருந்தாய். அப்போது எனக்கு அது பெரிதாகப் படவில்லை. இங்கே என் வீடு நகரவில்லை, தெரு நகரவில்லை, என்னைச் சுற்றிக் கோடு மட்டும் மூன்று முறை நகர்ந்த பிறகுதான் உன் கோபம் விளங்குகிறது. ஒரு வித்தியாசம், இங்கே யாரும் அழவில்லை. நம்பருக்காக யார் அழுவார்கள்?

இப்போது நம் ஊரில் மறுபடி தொகுதிப் பேச்சு கிளம்பியிருக்கிறது, 1971 கணக்கில் நிறுத்திவைத்த தொகுதி எண்ணிக்கையை 2027 கணக்கெடுப்புக்குப் பிறகு திறந்தால் தமிழ்நாட்டின் 39 எம்.பி. இடம் என்ன ஆகும் என்று. அந்தப் பயம் நியாயமானது. இல்லினாய்க்கு 1980 கணக்கின்படி 22 இடம், இப்போது 17. ஒவ்வொரு பத்து வருஷமும் ஒன்றோ இரண்டோ தெற்கத்தி மாநிலங்களுக்குப் போய்க்கொண்டே இருக்கிறது. ஆனால் உறையவைத்தாலும் வம்புதான். இதே இல்லினாயில் 1901இல் வரைந்த எல்லையை 1947 வரைக்கும் யாரும் தொடவில்லை, சிகாகோ வீங்கிக்கொண்டே போனது. ஒரு தொகுதியில் 9,14,053 பேர், இன்னொன்றில் 1,12,116 பேர், ஆனால் ஒவ்வொன்றுக்கும் ஓர் உறுப்பினர்தான். பேராசிரியர் ஒருவர் உச்ச நீதிமன்றம்வரை போனார். அரசியல் விவகாரத்தில் தலையிட மாட்டோம் என்று 1946இல் கைவிரித்துவிட்டார்கள். சமமாக இருக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொல்ல 1964 ஆயிற்று, அதுவும் ஜார்ஜியாவிலிருந்து வந்த வேறொரு வழக்கில். நீ உறையவைத்தால் நல்லது என்கிற கட்சி என்று தெரியும். இந்தக் கணக்கையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு எனக்குப் பதில் எழுது, சண்டை போடலாம்.

இங்கே தேர்தல் சூடு பிடித்துவிட்டது. செனட்டர் டர்பின் ஓய்வு பெறுகிறார், அந்த இடத்துக்கு ராஜா நிற்கிறார். அதனால் எட்டாம் தொகுதி காலி. யார் வந்து நிற்கிறார் என்று நினைக்கிறாய்? பதினைந்து வருஷத்துக்கு முன் 300 வாக்கு பத்தாமல் தோற்ற மெலிசா பீன், திரும்பவும். வேறு ஆட்களும் பலர் இருக்கிறார்கள். வாசலில் துண்டுச்சீட்டு செருகிவிட்டுப் போகிற பையன்களுக்கு அவர் பெயரே புதிது. கட்சிகளின் முதல் சுற்று மார்ச் 17. யாருக்குப் போடுவது என்று இன்னும் முடிவு செய்யவில்லை. பீட்சாக் கடன் ஒன்று பாக்கி இருப்பதுபோல அடிக்கடி தோன்றுகிறது, அது ஒரு காரணமா என்றும் தெரியவில்லை.

பிப்ரவரியில் ஊருக்கு வரலாம் என்றிருக்கிறேன், முதல் சுற்றுக்குள் திரும்பிவிட வேண்டும். உன் இடது கண் ஆபரேஷன் தேதி உறுதியானதும் சொல், அதற்குத் தக்கபடி டிக்கெட் போடுகிறேன். வந்தால் பேருந்து நிலையத்துப் பக்கம் முட்டை மாஸ் ஒரு தட்டு உன் கணக்கில்.

தங்கச்சிக்கு என் விசாரிப்பு.

அன்புடன்,
முத்து