25ஆம் பிரிவில் ஒரு வரி சேருங்கள்: நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு ஒரு திறந்த மடல்

மாண்புமிகு மலேசிய நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு,

வணக்கம். கெடாவில் தமிழ்ப்பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். என்னிடம் ஆறாம் ஆண்டு படித்த மாணவன் ஒருவன் மியன்மாரில் ஏழு மாதம் அடைபட்டுக் கிடந்து திரும்பி வந்திருக்கிறான். அவனை அங்கே அனுப்பிவைத்த ஆள் யாரென்று அவனுக்குத் தெரியும். பெயர் தெரியும், வீடு தெரியும், எந்தக் கடையில் தேநீர் குடிப்பான் என்பதுகூடத் தெரியும். ஆனாலும் அவன் இன்றுவரை புகார் கொடுக்கவில்லை. அதற்கான காரணம் நம் 2007ஆம் ஆண்டு ஆள்கடத்தல் தடுப்புச் சட்டத்தின் 25ஆம் பிரிவில் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் இந்த மடல்.

2022இல் போனான். கோவிட்டுக்கு அப்புறம் நிலையான வேலை எதுவும் அமையவில்லை. பாங்காக்கில் வாடிக்கையாளர் சேவை வேலை, மாதம் 5,000 ரிங்கிட், தங்க இடம், விமான டிக்கெட் எல்லாம் கம்பெனி செலவு என்று சொன்னார்கள். பாங்காக்கில் இறங்கியதும் ஒரு வேனில் ஏற்றினார்கள். ஏழெட்டு மணி நேரப் பயணம். தாய்லாந்தின் எல்லை ஊரான மே சோட்டில் ஓர் இரவு, பிறகு ஒரு சின்ன ஆறு, ஒரு படகு. அந்த மோய் ஆறுதான் நாட்டு எல்லை என்பது அக்கரை சேர்ந்த பிறகுதான் அவனுக்குத் தெரிந்தது.

அங்கே கடப்பிதழையும் கைப்பேசியையும் பிடுங்கிக்கொண்டு, வேறு பத்துக் கைப்பேசிகளையும் ஓர் அழகான பெண்ணின் படங்களையும் கொடுத்திருக்கிறார்கள். அந்தப் பெண்ணாக நடித்து முன்பின் தெரியாதவர்களிடம் பேச வேண்டும். சாப்பிட்டாயா, தூங்கினாயா என்று வாரக்கணக்கில் அன்பாக விசாரித்து, கடைசியில் போலி முதலீட்டில் பணம் போட வைக்க வேண்டும். தினம் பதினாறு மணி நேரம். சொன்ன கணக்கு எட்டாத நாளில் வெயிலில் தோப்புக்கரணம், அதற்கும் மேலே போனால் மின்சாரக் கம்பு. மூன்றாவது மாதம் அவனை இன்னொரு கும்பலுக்கு விற்றார்கள். விற்ற விலை அவன் தலையிலேயே கடனாக ஏறியது.

2023 ஆகஸ்டில் ஐ.நா. மனித உரிமை அலுவலகம் ஓர் அறிக்கை வெளியிட்டது. மியன்மாரில் குறைந்தது 120,000 பேரும் கம்போடியாவில் ஏறக்குறைய 100,000 பேரும் இப்படி இணைய மோசடி செய்யக் கட்டாயப்படுத்தப்படலாம் என்றது. தமிழ்நாட்டுப் பிள்ளைகள் 13 பேர் 2022 அக்டோபரில் மே சோட்டுக்கு எதிர்க்கரையில் உள்ள மியன்மாரின் மியாவாடியிலிருந்து மீண்டு சென்னையில் இறங்கினார்கள். 2025 பிப்ரவரியில் தாய்லாந்து, எல்லைக்கு அப்பால் இந்த மோசடி முகாம்கள் இருந்த பகுதிக்குப் போய்க்கொண்டிருந்த மின்சாரத்தைத் துண்டித்தது. ஆயிரக்கணக்கானோர் வெளியே வந்தார்கள். மார்ச் மாதம் இந்தியா இரண்டே நாளில் 500 பேருக்கு மேல் மே சோட்டிலிருந்து விமானத்தில் அழைத்துச் சென்றது.

அவன் அந்த ஆற்றைப் பற்றிச் சொன்னபோது எனக்கு என் பாட்டிதான் நினைவுக்கு வந்தார். பாட்டியின் அண்ணன் சயாமுக்கு, அதாவது இன்றைய தாய்லாந்துக்கு, போனவர். 'நல்ல சம்பளம், மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம்' என்று தோட்டத்தில் வந்து சொன்னார்களாம். ரயிலேறிப் போனார், வரவே இல்லை. 1942இலும் 1943இலும் சயாமின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தான்பியூசாயாட் வரை 415 கிலோமீட்டர் தண்டவாளம் போட ஜப்பானியர் கொண்டுபோன பல்லாயிரம் மலாயாத் தமிழர்களில் அவர் ஒருவர். தாய்லாந்தின் காஞ்சனபுரியில், அதே தண்டவாள வேலையில் மாண்ட போர்க்கைதிகளின் கல்லறைகளில் பெயர் பொறித்திருக்கிறது. நம்மவர்களில் பெரும்பாலோருக்குக் கல்லறையே இல்லை. ஆசை காட்டி அழைத்துப் போய்த் திரும்பி வர முடியாத இடத்தில் விடுவது என்றால் என்ன என்று எங்கள் குடும்பத்துக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

சரி, இங்கே என்ன நடந்தது?

மகனிடமிருந்து பேச்சு மூச்சு இல்லாமல் போனதும் அவன் அம்மா என்னிடம்தான் ஓடி வந்தார். "டீச்சர், நீங்க கூட வந்தா கொஞ்சம் கேப்பாங்க" என்றார். போலீஸ் நிலையத்துக்குப் போனோம். "இருபத்து மூன்று வயசுப் பையன். தானாகத்தானே போனான்?" என்று கேட்டார் அங்கிருந்த அதிகாரி. நம் 2007ஆம் ஆண்டு ஆள்கடத்தல் தடுப்புச் சட்டத்தின் 16ஆம் பிரிவு, கடத்தப்பட்டவர் சம்மதித்தார் என்பது குற்றவாளிக்குத் தற்காப்பு ஆகாது என்கிறது. அது எனக்கு அன்றைக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த மேசை முன்னாலேயே நின்று சொல்லியிருப்பேன். பொய்யை நம்பிப் போவது சம்மதம் ஆகாது.

கடைசியில் தாலிக்கொடியையும் அடகு வைத்து, அந்தக் கும்பலுக்குப் பணம் கட்டித்தான் அவன் அம்மா மகனை மீட்டார். பணம் போனதும் அவனை ஆற்றோரம் கொண்டுவந்து விட்டார்கள். இக்கரை வந்ததும் அனுமதியின்றி நுழைந்ததாகத் தாய்லாந்தில் தடுப்புக்காவல், அபராதம். ஊர் திரும்பியதும் விசாரணை. அவனிடம் கேட்கப்பட்ட முதல் கேள்வி, "எத்தனை பேரை ஏமாற்றினாய்?" என்பது. முதுகில் இருந்த தழும்பை யாரும் கேட்கவில்லை. அவனும் சட்டையைக் கழற்றிக் காட்டவில்லை.

இப்போது 25ஆம் பிரிவுக்கு வருகிறேன். கடத்தப்பட்டவர் மீது எந்தக் குற்றத்துக்காக வழக்குத் தொடுக்கக் கூடாது என்று சொல்லும் பிரிவு அது. சட்டவிரோதமாக நாட்டுக்குள் நுழைந்தது, சட்டவிரோதமாகத் தங்கியது, போலிப் பயணப் பத்திரம் வைத்திருந்தது. இந்த மூன்றும்தான் அதில் உண்டு. அடித்து உதைத்துச் செய்ய வைத்த மோசடி அதில் இல்லை. 2007இல் அந்த வரிகளை எழுதியவர்களைக் குறை சொல்ல மாட்டேன். அப்போது ஆள்கடத்தல் என்றால் தோட்டம், தொழிற்சாலை, விபசார விடுதி என்றுதான் நினைப்பு. ஆட்களைப் பிடித்துப்போய்த் திருட வைப்பார்கள் என்று யார் எண்ணியிருப்பார்? ஆனால் இன்று நமக்குத் தெரிகிறதே!

புகார் கொடுக்க வேண்டுமானால் ஏழு மாதம் தான் என்ன செய்தான் என்பதை அவன் எழுதிக் கொடுக்க வேண்டும். அந்த எழுத்தே அவனுக்கு எதிரான சாட்சியாகிவிடும். அதனால் அவன் வாய் திறப்பதில்லை. அவன் பேசாததால் அனுப்பிவைத்த ஆள் நிம்மதியாக நடமாடுகிறான். 2022இல் நடப்புக்கு வந்த திருத்தத்தில் கடத்தல்காரர்களுக்கு ஆயுள் தண்டனை வரை கொண்டுவந்தீர்கள். நல்ல காரியம். சாட்சி சொல்ல ஆள் வந்தால்தானே அந்தத் தண்டனை யார் மீதாவது விழும்?

பிலிப்பீன்ஸ் இதைச் செய்திருக்கிறது. கடத்தப்பட்டதன் நேரடி விளைவாகச் செய்த குற்றங்களுக்காகப் பாதிக்கப்பட்டவரைத் தண்டிக்கக் கூடாது என்று அவர்கள் சட்டத்தின் 17ஆம் பிரிவு சொல்கிறது. 2015 நவம்பரில் கோலாலம்பூரில் கையெழுத்தான ஆசியான் ஆள்கடத்தல் ஒப்பந்தத்தின் 14ஆம் விதியிலும் இந்தக் கருத்து உண்டு. ஆனால் அங்கே 'பொறுப்பாளியாக்காமல் இருப்பதைப் பரிசீலிக்க வேண்டும்' என்றுதான் இருக்கிறது, அதுவும் உள்நாட்டுச் சட்டத்துக்கு உட்பட்டு. பரிசீலிப்பதோடு நின்றுவிட்டால் அந்தத் தாய்க்கு என்ன பயன்?

தெரிந்தே போனவர்களும் இருக்கிறார்கள், எல்லாரும் பாதிக்கப்பட்டவன் என்று சொல்லித் தப்பிவிடுவார்கள் என்பீர்கள். தெரிந்தே போனவர்கள் இருக்கத்தான் செய்கிறார்கள். அவர்களிடம் வாழ்நாள் சேமிப்பை இழந்த முதியவர்களை எனக்கே தெரியும்; அவர்களுக்கு நியாயம் கிடைக்கத்தான் வேண்டும். நான் கேட்பது எல்லாருக்கும் பொதுமன்னிப்பு அல்ல. வெளியே போக விட்டார்களா, கடப்பிதழ் யார் கையில் இருந்தது, வீட்டார் பணம் கட்டினார்களா, உடம்பில் காயம் உண்டா என்று பயிற்சி பெற்ற ஒருவர் முதலில் விசாரிக்கட்டும். அந்த விசாரணையில் மீண்டு வந்தவர் சொன்னதை அவருக்கு எதிராகப் பயன்படுத்தாமல் இருக்கட்டும். பிரித்துப் பார்ப்பது அவ்வளவு கஷ்டமில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நம் பிள்ளைகள் வெளியே கடத்தப்படுகிறார்கள் என்று அழுகிற நாம், இங்கே கொண்டுவரப்பட்டவர்களுக்கும் பதில் சொல்ல வேண்டியவர்கள். 2015இல் தாய்லாந்து எல்லையோரம், பெர்லிஸின் வாங் கெலியான் காட்டில் ஆள்கடத்தல்காரர்களின் 28 முகாம்களும் 139 புதைகுழிகளும் கண்டுபிடிக்கப்பட்டன. என் ஊரிலிருந்து அங்கே போக அரை நாள்கூட ஆகாது. முதலாளியிடம் கடப்பிதழைப் பறிகொடுத்துவிட்டு ஓடி வரும் வங்காளதேசத்துப் பையனையும் இந்தோனேசியப் பெண்ணையும் நாம் இன்னும் 'பத்திரமில்லாதவர்கள்' என்று பிடித்து அடைக்கிறோம். நம் பிள்ளையிடம் கேட்க வேண்டிய கேள்விகளை அவர்களிடமும் கேட்க வேண்டும்.

25ஆம் பிரிவில் சேர்க்கச் சொல்வது ஒரே வரி: கடத்தப்பட்டவர் வற்புறுத்தலால் செய்த, கடத்தலின் நேரடி விளைவான குற்றத்துக்கு அவர் மீது வழக்கு இல்லை. அடுத்த கூட்டத்தொடரில் உங்களில் ஒருவராவது எழுந்து இதைக் கேளுங்கள்.

என் மாணவன் இப்போது ஒரு லாரியில் உதவியாளாகப் போகிறான். கைப்பேசி மணி அடித்தால் இன்னமும் கை நடுங்குகிறது. இந்த மடலை அவனுக்குப் படித்துக் காட்டிவிட்டுத்தான் அனுப்புகிறேன். அந்த ஆளின் பெயரைச் சொல்வாயா என்று கேட்டேன். "சட்டத்துல அந்த வரி வரட்டும் டீச்சர், மறுநாளே வந்து சொல்றேன்" என்றான்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியை,
கெடா