ஃபோன்டாங்கா கரையில் 16-ஆம் எண்

அன்பு மகளுக்கு,

நலம். நலமறிய ஆவல். போனில் நீ கேட்ட கேள்விக்கு அவசரமாகப் பதில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. "அப்படியென்றால் கடிதமாக எழுதம்மா" என்று சிரித்தாய். அஞ்சலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவளிடம் விளையாட்டுக்குக்கூட அப்படிச் சொல்லக் கூடாது. இதோ, வந்துவிட்டது.

நீ படிக்கும் பீட்டர்ஸ்பர்க்கில், ஃபோன்டாங்கா ஆற்றின் கரையில் 16-ஆம் எண் கட்டடத்தைக் காட்டி, ஜார் காலத்து ரகசியப் போலீஸ் அங்கேதான் இருந்தது என்று உன் தோழி சொன்னாளாம். அத்தனை ஒற்றர்களும் அத்தனை கோப்புகளும் வைத்திருந்த அரசு 1917-இல் ஒரே வாரத்தில் எப்படி விழுந்தது என்று நீ கேட்டாய்.

முதலில் அந்த "அத்தனை"யைக் கொஞ்சம் குறைத்துக்கொள். மாஸ்கோ முன்னேற்றப் பதிப்பகத்தின் தமிழ்ப் புத்தகங்களை மலிவு விலையில் வாங்கி வளர்ந்த என் தலைமுறைக்கு, ஜாரின் ரஷ்யா என்றால் தெருவுக்கொரு போலீஸ்காரன் நிற்கும் நாடு. உண்மை வேறு. 1900 வாக்கில் ரஷ்யக் கிராமங்களில் ஏறக்குறைய பத்துக் கோடிப் பேர் வாழ்ந்தார்கள். அவர்களுக்கென்று இருந்த அரசுச் சம்பளக் காவலர்கள் ஏழாயிரத்துக்கும் குறைவு. ஒரு காவலருக்குப் பதினாலாயிரம் பேருக்கு மேல், அதுவும் பனியிலும் சேற்றிலும் சிதறிக் கிடக்கும் ஊர்களில். நகரங்களில் வீட்டு வாசல்காவலாளிதான் போலீஸின் கண். யார் குடிவந்தார்கள், யார் இரவில் வந்து போனார்கள் என்று அவன் சொல்லியாக வேண்டும்.

ஆள் பற்றாத இடத்தில் அச்சத்தை வேலைக்கு வைத்தார்கள். இதற்கு வயது அதிகம். நான்காம் இவானின் ஆட்கள் 1565-க்குப் பிறகு சேணத்தில் நாய்த்தலையும் துடைப்பமும் கட்டிக்கொண்டு கறுப்புடையில் திரிந்ததை நீயே படித்திருப்பாய். அது கொள்ளைக் கூட்டம், அதைப் போலீஸ் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. முதலாம் பீட்டர் காலத்தில்தான் அலுவலகமும் எழுத்தரும் வருகிறார்கள். தெருவில் எவனாவது "மன்னரின் சொல்லும் செயலும்!" என்று கத்திவிட்டால் போதும், அவனையும் அவன் கைகாட்டியவனையும் பிரியோப்ராழென்ஸ்கி விசாரணை மன்றத்துக்கு இழுத்துப் போவார்கள். ராஜதுரோகம் பற்றித் தகவல் உண்டு என்பதற்கான கூப்பாடு அது. காட்டிக்கொடுத்தவனுக்கே முதல் சவுக்கடி என்று ரஷ்யர்களிடம் ஒரு பழமொழி உண்டு. குற்றம் சாட்டப்பட்டவன் வதையைத் தாங்கிக்கொண்டு மறுத்தால், சாட்டியவனைக் கட்டித் தொங்கவிடுவார்கள். 1718-இல் பீட்டர் தன் சொந்த மகன் அலெக்சேயை விசாரிக்க ரகசிய அலுவலகம் ஒன்றைத் தொடங்கினார். அந்த மகன் மரண தண்டனை விதிக்கப்பட்ட நிலையில், பீட்டர்–பால் கோட்டைக்குள்ளேயே இறந்தான். நீ மாலை வெயிலில் படமெடுத்து அனுப்பினாயே, அதே கோட்டை.

உன் 16-ஆம் எண் கட்டடத்துக்கு வருகிறேன். 1825 டிசம்பரில் ஜாரின் மெய்க்காவல் ராணுவப் படை அதிகாரிகள் சிலர் செனட் சதுக்கத்தில் கிளர்ச்சி செய்தார்கள். அரியணை ஏறிய அன்றே துப்பாக்கிச் சத்தம் கேட்ட ஜார் முதலாம் நிக்கோலாஸ், அடுத்த ஆண்டு ஐந்து பேரைத் தூக்கிலிட்டார். அதே மாதம் தன் சொந்த அலுவலகத்தின் "மூன்றாம் பிரிவு" என்று ஒன்றைத் தொடங்கினார். தலைவர் பென்கென்டார்ஃப். என்ன உத்தரவு என்று அவர் கேட்டபோது ஜார் ஒரு கைக்குட்டையை நீட்டி, மக்களின் கண்ணீரைத் துடை என்றதாக ஒரு கதை உண்டு. தொடக்கத்தில் தலைமையகத்தில் 16 அலுவலர்களே இருந்தார்கள். அவர்களுக்குக் கீழே நீலச் சீருடை அணிந்த, ஜென்டார்ம் என்ற ராணுவப் போலீஸ் படை. 1838-இல் ஃபோன்டாங்காவுக்குக் குடிபெயர்ந்தார்கள். அங்கே அப்போது ஒரு சங்கிலிப் பாலம் இருந்தது. "சங்கிலிப் பாலத்தருகே கூப்பிட்டிருக்கிறார்கள்" என்று ஒருவர் சொன்னால் வீட்டில் அடுப்பு அணைந்துவிடும்.

இனி என் தொழில் சம்பந்தப்பட்டது. ஹெர்சன் என்ற எழுத்தாளர் 1840-இல் பீட்டர்ஸ்பர்க்கில், அதுவும் உள்துறை அமைச்சகத்திலேயே வேலை பார்த்துக்கொண்டிருந்தார். நீலப் பாலத்தருகே ஒரு தெருக்காவலன் ஒருவரைக் கொன்று கொள்ளையடித்தான் என்று ஊரெல்லாம் பேச்சு. மாஸ்கோவில் இருந்த தன் அப்பாவுக்கு எழுதிய கடிதத்தில் அதையும் ஒரு வரி சேர்த்தார். உன்னைப் போல ஒரு பிள்ளை, ஊர்ச் செய்தியை வீட்டுக்கு எழுதுகிறது, அவ்வளவுதான். கடிதம் வழியில் பிரிக்கப்பட்டது. மூன்றாம் பிரிவு கூப்பிட்டது. வதந்தி பரப்பிய குற்றத்துக்காக 1841-இல் நோவ்கொரதுக்கு அனுப்பினார்கள். அங்கே அவருக்குக் கிடைத்த அரசுப் பதவியில் ஒரு பொறுப்பு, போலீஸ் கண்காணிப்பில் உள்ளவர்களின் நடத்தை அறிக்கைகளைப் பார்த்துக் கையெழுத்திடுவது. கண்காணிப்பில் இருந்தவர்களில் அவரும் ஒருவர். மூன்று மாதத்துக்கொரு முறை தன் நன்னடத்தைக்குத் தானே ஒப்பமிட்டார். அரசாங்கக் கோப்புகளோடு வாழ்ந்தவள் என்பதால் இதைப் படித்தபோது நான் சத்தமாகச் சிரித்துவிட்டேன். உன் அப்பா எட்டிப் பார்த்தார். பிற்பாடு அதே ஹெர்சன் லண்டனில் அச்சகம் வைத்து, ஜாரின் அரண்மனையிலேயே திருட்டுத்தனமாகப் படிக்கப்பட்ட பத்திரிகையை நடத்தினார். ஒரு வரிக்குக் கொடுத்த விலை அது.

கடிதம் பிரிப்பதற்கென்றே பெரிய அஞ்சலகங்களில் தனி அறை இருந்தது. பெயருக்கு வெளிநாட்டுப் பத்திரிகைத் தணிக்கை. உள்ளே ஆவியில் உறையைப் பிரித்து, படியெடுத்து, போலி முத்திரையால் ஒட்டிவிடுவார்கள். பீட்டர்ஸ்பர்க், மாஸ்கோ, வார்சா, ஒடெஸ்ஸா, கீவ் என்று சில நகரங்களில் மட்டும், மொத்தமாகவே சில பத்துப் பேர் செய்த வேலை. அமைச்சர்களின் கடிதங்களும் தப்பவில்லை. அஞ்சல் ஊழியர் என்ற முறையில் எனக்கு அவர்கள்மேல் வரும் கோபம் ஜார்மேல்கூட வருவதில்லை. முகவரி எழுதியவர் நம்பித்தானே பெட்டியில் போடுகிறார்?

தஸ்தயேவ்ஸ்கிக்குக் கிடைத்த மரண தண்டனைக்கும் ஒரு கடிதம்தான் முக்கியக் காரணம். எழுத்தாளர் கோகலுக்கு விமர்சகர் பெலின்ஸ்கி எழுதியதை நண்பர்கள் கூட்டத்தில் உரக்கப் படித்தார். 1849 டிசம்பரில் செம்யோனோவ்ஸ்கி சதுக்கத்தில் துப்பாக்கிகள் குறிபார்த்த பிறகு, தண்டனை குறைக்கப்பட்டதாக அறிவித்தார்கள். முதல் மூவர் கம்பத்தில் கட்டப்பட்டிருந்தார்கள். இவர் அடுத்த வரிசை. எல்லாம் முன்கூட்டியே திட்டமிட்ட நாடகம்.

ஆனால் நான் உனக்குச் சொல்ல விரும்பிய ஆள் வேறு. கிளெத்தோச்னிகவ். இளைத்த உடம்பு, கண்ணாடி, அழகான கையெழுத்து. பின்னாளில் "மக்கள் விருப்பம்" என்ற புரட்சிக் குழுவை அமைத்தவர்கள் அவரை, மூன்றாம் பிரிவுக்கு ஒற்றுச் சொல்லும் ஒரு வீட்டுக்காரம்மாவிடம் குடிவைத்தார்கள். அவர் அந்த அம்மாவிடம் சீட்டாடி வேண்டுமென்றே தோற்றார். இவ்வளவு நல்ல பிள்ளையா என்று அந்த அம்மா மூன்றாம் பிரிவில் வேலைக்குச் சிபாரிசு செய்தார். 1879 தொடக்கத்தில் படியெழுதும் எழுத்தராகச் சேர்ந்தார். கையெழுத்து நன்றாக இருந்ததால் ரகசியமான தாள்களெல்லாம் அவர் மேசைக்கே வந்தன. அலுவலகத்தில் ஒரு குறிப்பும் எடுக்கவில்லை. எல்லாவற்றையும் நினைவில் வைத்து, வெளியே வந்து ஒற்றர்களின் பெயர்களையும் நடக்கவிருந்த சோதனைகளையும் ஒப்பித்தார். அரசு அவருக்குப் பதக்கம் வேறு கொடுத்தது. இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு பிடிபட்டு, 1883-இல் கோட்டைச் சிறையில் உண்ணாவிரதம் இருந்து இறந்தார். குண்டு வீசியவர்களுக்குச் சிலை வைத்தார்கள். ஒரு குமாஸ்தா இந்த அளவு செய்தார் என்பது எனக்குப் பெரிதாகப் படுகிறது. சார்பு என்று நினைத்தால் நினைத்துக்கொள்.

1880-இல் மூன்றாம் பிரிவைக் கலைத்து, அதே கட்டடத்தில் போலீஸ் துறை என்று பெயர் மாற்றினார்கள். அடுத்த மார்ச் மாதம் இரண்டாம் அலெக்சாண்டர் குண்டுக்குப் பலியானார். அதே ஆண்டு ஆகஸ்டில், விசாரணையில்லாமல் ஐந்து ஆண்டுவரை நாடுகடத்த அதிகாரம் தரும் அவசரச் சட்டம் வந்தது. தற்காலிகம், மூன்று ஆண்டுக்கு மட்டும். 1917 வரை புதுப்பித்துக்கொண்டே போனார்கள். தற்காலிகப் பணியிடங்களைப் பார்த்த எனக்கு இதில் ஆச்சரியமில்லை.

இதற்குப் பிறகுதான் ஒக்ரானா என்ற ரகசியப் போலீஸ் கிளைகளின் பொற்காலம். மாஸ்கோவில் சுபாதவ் என்பவர் கைதிகளைப் படமெடுத்து, அங்க அளவெடுத்து, தேநீர் கொடுத்துப் பேசி ஆள்பிடித்தார். ஒற்றனை, ஊருக்குத் தெரியாமல் நேசிக்கும் பெண்ணைப் போல நடத்துங்கள், ஒரு தவறான அடி வைத்தால் அவள் மானம் போய்விடும் என்று தன் அதிகாரிகளுக்குப் பாடம் நடத்தினார். தொழிலாளர்களுக்குப் போலீஸே சங்கம் வைத்துக் கொடுக்கும் யோசனையும் அவருடையதுதான்.

ஒற்றனை அவ்வளவு போற்றினால் என்ன ஆகும் என்பதற்கு அசெஃப் ஒருவர் போதும். ஏழைத் தையல்காரரின் மகன். ஜெர்மனியில் பொறியியல் படித்தபோது, 1893-இல் தானாகவே போலீஸுக்கு எழுதி, மாதம் 50 ரூபிளுக்கு வேலைக்குச் சேர்ந்தார். பத்து ஆண்டுகளில் சோஷலிஸ்ட் புரட்சியாளர் கட்சியின் கொலைப்படைக்கே தலைவர் ஆகிவிட்டார். சில தோழர்களைக் காட்டிக்கொடுத்தார். சில கொலைகளை நடத்தி முடித்தார். 1904 ஜூலையில் உள்துறை அமைச்சர் பிளேவே குண்டில் இறந்தார். அசெஃபுக்குச் சம்பளம் கொடுத்த துறைக்கே அவர்தான் அமைச்சர். மறு ஆண்டு ஜார் இரண்டாம் நிக்கோலாஸின் சித்தப்பா செர்கேய், கிரெம்ளினுக்குள். அசெஃப் யாருடைய ஆள்? இரு பக்கமும் தன் ஆள் என்று நம்பியது. நான் படித்த வரையில் அவர் தன்னுடைய ஆள்.

அவரை வெளிப்படுத்தியது போலீஸும் இல்லை, கட்சியும் இல்லை. பூர்த்செவ் என்ற பத்திரிகையாளர். 1908-இல் கொலோனிலிருந்து பெர்லின் போகும் ரயிலில், முன்னாள் போலீஸ் துறை இயக்குநர் லோபுகினுடன் வண்டியில் ஏறி, தான் சேர்த்த ஆதாரங்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தார். கடைசியில் லோபுகின் அந்தப் பெயரை ஒப்புக்கொண்டார். உண்மை சொன்ன லோபுகினைச் சைபீரியாவுக்கு அனுப்பினார்கள். அசெஃப் தப்பியோடி பெர்லினில் வியாபாரம் செய்து, 1918-இல் நோயில் இறந்தார்.

வேலியே பயிரை மேய்ந்த கதை அத்தோடு நிற்கவில்லை. 1911-இல் கீவ் நாடக அரங்கில், ஜார் பார்த்துக்கொண்டிருக்கையில் பிரதமர் ஸ்டொலிபினைச் சுட்ட போக்ரோவ், ஒக்ரானாவின் ஒற்றன். உள்ளே நுழைய டிக்கெட் கொடுத்ததே கீவ் ஒக்ரானாவின் தலைவர். மறு ஆண்டு டூமா என்ற நாடாளுமன்றத்துக்குத் தேர்வான போல்ஷ்விக் உறுப்பினர் மலினோவ்ஸ்கியும் சம்பள ஒற்றன்தான். அவர் டூமாவில் பேசிய புரட்சிகரமான உரைகள் போலீஸ் இயக்குநரின் மேசையைத் தொட்டுவிட்டு வந்தவை.

இப்போது உன் கேள்வி. ஒற்றர்களுக்கு ஒன்றும் தெரியாமல் போனதா? இல்லை. இதுதான் எனக்குத் தூக்கம் வராமல் செய்த இடம். 1917 ஜனவரியிலேயே பெட்ரோகிராத் (பீட்டர்ஸ்பர்க்கின் அப்போதைய பெயர்) ஒக்ரானா மேலிடத்துக்கு எழுதியது: கடை வாசலில் வரிசையில் நின்று களைத்து, பசியிலும் நோயிலும் வாடும் பிள்ளைகளைப் பார்த்துத் துடிக்கும் தாய்மார்கள், டூமாவின் எதிர்க்கட்சித் தலைவர்களைவிடப் புரட்சிக்கு நெருக்கமாக இருக்கிறார்கள், அவர்களைவிட ஆபத்தானவர்கள். அதற்கு மூன்று ஆண்டு முன்பே, முன்னாள் போலீஸ் இயக்குநர் துர்னவோ, ஜெர்மனியுடன் போர் மூண்டால் ரஷ்யாவில் புரட்சி வரும் என்று ஜாருக்கு மனு எழுதியிருந்தார். இரண்டும் போய்ச் சேர்ந்தன. கோப்பில் சேர்ந்தன. போலீஸை ஆள்பிடிக்கச் சொல்லியிருந்தார்கள், யோசனை சொல்லச் சொல்லவில்லை. ஒரு சதிக்குழுவில் நாலு பேர் இருந்தால் அதில் ஒருவரை விலைக்கு வாங்கலாம். ரொட்டி வரிசையில் நிற்கும் பெண்களில் யாரை வாங்குவது, எதற்கு வாங்குவது?

பழைய நாட்காட்டிப்படி பிப்ரவரி 23, பெண்கள் தினம். வைபோர்க் பகுதி நெசவாலைப் பெண்கள் வேலையை நிறுத்திவிட்டு ரொட்டி கேட்டு வெளியே வந்தார்கள். இரண்டு நாளில் ஸ்னாமென்ஸ்கயா சதுக்கத்தில், மாஸ்கோ ரயில் நிலையத்துக்கு எதிரே நீ மெட்ரோ ஏறும் இடத்தில், கூட்டத்தை அடக்க வந்த போலீஸ் அதிகாரியை, ஜாரின் குதிரைப்படையான கசாக்குகளே வெட்டியதாகச் சொல்லப்படுகிறது. 27-ஆம் தேதி படைவீரர்கள் மாறினார்கள், ஒக்ரானா அலுவலகம் எரிந்தது. மார்ச் 2-இல் ஜார் பதவி துறந்தார். அந்தச் செய்தி மாஸ்கோவில் ஓய்ந்திருந்த சுபாதவுக்கு மதிய உணவின்போது கிடைத்தது. எழுந்து பக்கத்து அறைக்குப் போய்த் தன்னைத்தானே சுட்டுக்கொண்டார்.

அதற்குப் பிறகு இடைக்கால அரசின் விசாரணை ஆணையம் பழைய அமைச்சர்களையும் போலீஸ் இயக்குநர்களையும் உட்காரவைத்துக் கேள்வி கேட்டது. அந்த வாக்குமூலங்களைப் பதிப்பிக்க அமர்த்தப்பட்டவர்களில் ஒருவர் கவிஞர் பிளோக். ஆண்டு முடிவதற்குள் போல்ஷ்விக்குகளின் ரகசியப் போலீஸான சேக்கா வந்து, ஜாரின் நகர ஆளுநர் இருந்த கோரோகவாயா 2-ஆம் எண் கட்டடத்திலேயே நாற்காலி போட்டது. முன்னேற்றப் பதிப்பகம் அந்தக் கதையை எங்களுக்கு முழுதாகச் சொல்லவில்லை. அதை வேறொரு கடிதத்தில் எழுதுகிறேன், இப்போதே தாள் தீர்ந்துவிட்டது.

அந்தக் கோரோகவாயா கட்டடத்தில் இப்போது அரசியல் போலீஸ் வரலாற்று அருங்காட்சியகம் இருக்கிறது. தேர்வு முடிந்ததும் ஒரு நடை போய்ப் பார்த்துவிட்டு வா. கிளெத்தோச்னிகவ் பற்றி ஏதாவது வைத்திருக்கிறார்களா என்று அங்கிருப்பவர்களிடம் ரஷ்ய மொழியில் கேள், உன் மொழிக்கும் பயிற்சி. படமெடுக்க அனுமதித்தால் எடுத்து அனுப்பு. உன் அப்பா மாதச் செலவுக் கணக்கைக் கேட்கச் சொன்னார். அதைப் போனிலேயே சொல்லிவிடு, கடிதத்தில் வேண்டாம்.

அன்புடன்,
அம்மா