அந்த ஊசிக் காட்சியை வெட்டிவிடுங்கள்

ஆவணப்படம் எடுக்க வந்த தம்பிகளுக்கும் தங்கைக்கும்,

கேரள எல்லையில் இருக்கிற குமுளியிலிருந்து எழுதுகிறேன். உங்கள் பெயரும் கல்லூரிப் பெயரும் இதில் இல்லை. படித்தால் உங்களுக்கே தெரியும். போதையில் விழுந்து எழுந்தவனைத் தேடிக் கேமராவோடு போகிற மற்றவர்களும் படிக்கட்டும் என்றுதான் பொதுவில் எழுதுகிறேன்.

மூன்று நாள் கூடவே இருந்தீர்கள். ஸ்டோரில் நான் ஏலக்காய் சலிப்பதை எடுத்தீர்கள். செக்போஸ்ட்டிலிருந்து நாலு எட்டு வைத்தால் தமிழ்நாட்டு பஸ் நிற்பதை எடுத்தீர்கள். பழக்கத்தில் இருந்தபோது போதைக்கு வலி மாத்திரை தேடி அந்த எல்லையை எப்படித் தாண்டுவேன் என்று நடந்தே காட்டினேன். இந்தப் பக்கம் கேட்டால் அந்தப் பக்கம் கைகாட்டுவார்கள், அங்கே கேட்டால் இங்கே. அதுவரை ஒரு குறையும் இல்லை.

மூன்றாம் நாள் சாயங்காலம் ஸ்டோருக்குப் பின்னால் உட்காரவைத்து ஒரு ஊசியை நீட்டினீர்கள். "சும்மா நடிப்புதாண்ணே, உள்ள வெறும் தண்ணி." எனக்குத் தண்ணீர் பிரச்சினை இல்லை, தம்பி. நீங்கள் உறையைக் கிழித்தீர்களே, அந்தச் சர்ரென்ற சத்தம். அதைக் கேட்டதும் நாக்கின் அடியில் கசந்தது, வயிறு கலங்கியது, இடது கை தானாகவே மடங்கியது. நிறுத்தி இரண்டு வருஷம் ஆகியும் உடம்பு மறக்கவில்லை. நீங்கள் அதை நல்ல நடிப்பு என்று நினைத்து இன்னொரு டேக் கேட்டீர்கள். நானும் சரி என்றேன். படித்த பிள்ளைகள் கேட்கும்போது மாட்டேன் என்று சொல்ல எனக்கு வரவில்லை. அது என் தப்பு.

அன்றைக்கு ராத்திரி எல்லை தாண்டி, கம்பம் ஊருக்குப் போகிற பஸ் பக்கத்தில் போய் நின்றேன். ஏறவில்லை. ஏறியிருந்தால் என்ன ஆகும் என்பதை உங்களிடம் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். நிறுத்திய உடம்பு பழைய அளவைத் தாங்காது. மறுபடி தொடுகிறவன் பழைய கணக்கிலேயே போடுவான், மூச்சு அடங்கிவிடும். இதே பழக்கத்தில் இருப்பவன் உங்கள் படத்தைப் பார்த்தாலும் அவன் கண்ணுக்கு ஊசிதான் தெரியும். பின்னணியில் போடுகிற சோக வயலின் அவன் காதில் விழாது.

கையெழுத்து விஷயம். முதல் நாளே இங்கிலீஷ் தாளில் வாங்கிக்கொண்டீர்கள். 2017 மனநலப் பராமரிப்புச் சட்டம் போதைப் பழக்கத்தால் வரும் மனநிலைச் சிக்கலையும் மனநோயில்தான் சேர்க்கிறது. சிகிச்சையில் இருப்பவரின் படத்தை அவர் சம்மதம் இல்லாமல் ஊடகத்துக்குக் கொடுக்கக் கூடாது என்று அதன் 24-வது பிரிவு சொல்கிறது. நான் சட்டம் பேசிச் சண்டைக்கு வரவில்லை. எடிட் செய்ததைக் காட்டிவிட்டு மறுபடி ஒருமுறை கேளுங்கள், அவ்வளவுதான். அம்மா கையெழுத்தே போடவில்லை. கொலுசை அரிசிப் பானைக்குள் ஒளித்துவைத்த கதையை அவள் உங்களிடம் சொன்னது, நீங்கள் சாப்பிட உட்கார்ந்த பிள்ளைகள் என்பதால்.

பழக்கத்தை விடுவதற்கு ஆஸ்பத்திரியில் கொடுக்கிற, நாக்கடியில் வைக்கிற மாத்திரையைப் பற்றிச் சொன்னேன், ஞாபகம் இருக்கிறதா? கரைகிறவரை பேசக் கூடாது, எச்சில் விழுங்கக் கூடாது. பெஞ்சில் வரிசையாக ஆறேழு ஆம்பளைகள் வாயை மூடிக்கொண்டு சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்போம். ஜீப் ஓட்டுகிறவர், தோட்டத்தில் மருந்தடிக்கிறவர், காலேஜ் பையன். ஒருத்தன் கடைவாயில் எச்சில் வழியும், துடைக்க அவன் மனைவி முந்தானையை நீட்டுவாள். "விஷுவலா அதுல ஒண்ணும் இல்லண்ணே" என்றீர்கள். என் இரண்டு வருஷமும் அந்தப் பெஞ்சில்தான் இருக்கிறது.

ஊசிக் காட்சியை வெட்டுங்கள், கார்டிலிருந்தும் அழித்துவிடுங்கள். அதற்குப் பதிலாக என் போனில் ஏழு நிமிஷ வீடியோ ஒன்று இருக்கிறது. வீட்டில் மாத்திரை வைத்துக்கொண்டு நானே என்னை எடுத்தது. ஒரு வார்த்தை பேசவில்லை. நடுவில் அடுப்படியிலிருந்து அம்மா ஏதோ கேட்பாள், நான் பதில் சொல்ல மாட்டேன். வேண்டுமென்றால் தருகிறேன். அவள் குரல் வருகிற இடத்துக்கு மட்டும் அவளிடம் தனியாகக் கேட்டுக்கொள்ளுங்கள், தமிழில்.

இப்படிக்கு,
உங்கள் படத்தில் முகம் மறைக்கப்படாத அண்ணன்